தண்டவாளத்தின் இருமருங்கும்: மாட்டுங்காவின் உணவு வரலாறு

நம் சங்கத்தின் ஆண்டு விழா மலருக்கு வரலாற்றுக் கட்டுரை ஒன்று எழுதித் தரவேண்டும் என்று செயலாளர் அவர்கள் பணித்தபோது நான் மிகவும் தயங்கினேன். மெட்ரிகுலேஷன் தேறி ரயில்வேயில் எழுத்தராகச் சேர்ந்து, வருகைப் பதிவேடும் சம்பளப் பட்டியலும் எழுதியே இருபது ஆண்டுகளைக் கழித்தவனுக்கு வரலாறு எழுதும் தகுதி ஏது? ஆயினும், அண்மையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் மேற்கொண்ட சிறு நடைப்பயணம் ஒன்று என்னைப் பேனா எடுக்கத் தூண்டிற்று. குற்றம் இருப்பின் பொறுத்தருள்க.

இந்நாளில் மும்பை மாநகரில் 'உணவு நடை' என்றொரு வழக்கம் பரவியுள்ளது. வழிகாட்டி ஒருவர் பத்துப் பன்னிரண்டு பேரை அழைத்துக்கொண்டு ஒரு பகுதியின் தெருக்களில் நடப்பார். பெயர்பெற்ற உணவகங்களில் சிறிது சிறிதாகச் சுவைக்கச் செய்வார். இடையிடையே அவ்விடங்களின் கதையையும் எடுத்துரைப்பார். என் தமக்கையின் மகன் ஒரு நாள் வந்து, "மாமா, நீங்கள் தினமும் வேலைக்குப் போகும் மாட்டுங்காவைத்தான் சுற்றிக் காட்டுகிறார்களாம். உங்களுக்கும் சேர்த்துப் பணம் கட்டிவிட்டேன்" என்றான். எவ்வளவு என்று கேட்டேன். என் ஒரு நாள் ஊதியத்தை ஒட்டிய தொகை! நம் ஊர் இட்டலியைத் தின்பதற்கு இத்தனை பணமா என்று மனம் துணுக்குற்றது. ஆயினும் பிள்ளையின் அன்பைத் தட்ட மனமின்றி உடன் சென்றேன்.

காலை 8 மணிக்கு மாட்டுங்கா நிலையத்தின் கிழக்கு வாயிலில் கூடினோம். மலபார் ஹில், பாந்திரா ஆகிய இடங்களிலிருந்து வந்தவர்களும், வெளிநாட்டார் இருவரும் இருந்தனர். வழிகாட்டி வரலாறு பயின்ற மராத்தியப் பெண்மணி, இருபத்தைந்து வயதிருக்கலாம். அவர் கூறியவற்றில் பெரும்பாலானவை சரியானவையே. அவற்றுடன் நான் அறிந்தவற்றையும் சேர்த்து இங்கே தருகின்றேன்.

1896-ஆம் ஆண்டு பம்பாயைப் பிளேக் நோய் தாக்கியது. காற்றும் வெளிச்சமும் புகாத நெருக்கமான குடியிருப்புகளில் மக்கள் ஆயிரக்கணக்கில் மாண்டனர். நகரைச் சீர்திருத்துவதற்கென 1898-இல் நகர மேம்பாட்டு டிரஸ்ட் நிறுவப்பெற்றது. அந்த டிரஸ்ட் வடக்கேயிருந்த தாதர், மாட்டுங்கா, வடாலா, சயான் பகுதிகளில் நிலம் எடுத்து, அகன்ற சாலைகளும் மரநிழலும் பூங்காக்களும் வகுத்துப் புதிய குடியிருப்புகளுக்கு வழிசெய்தது. இன்று செல்வர் விரும்பி வாழும் ஐந்து பூங்காப் பகுதியும், கிங்ஸ் சர்க்கிள் என்னும் வட்டப் பூங்காவும் அவ்வாறு தோன்றியவையே. அவ்வட்டப் பூங்காவிற்கு மகேசுவரி உத்தியான் எனப் புதுப்பெயர் இட்ட பின்னும் மக்கள் வாயில் பழைய பெயரே வழங்குகின்றது.

1920-களிலும் 1930-களிலும் இங்கே அடுக்குவீடுகள் எழுந்தன. சால் என்னும் வரிசைக் குடியிருப்பில் கழிப்பறை பலருக்கும் பொது. இப்புதிய வீடுகளிலோ குளியலறையும் கழிப்பறையும் உள்ளேயே அமைந்தன. ஆசாரத்தில் கருத்துடைய தென்னாட்டுக் குடும்பங்கள் இவற்றையே நாடின. தஞ்சை, திருநெல்வேலி, பாலக்காடு ஆகிய இடங்களிலிருந்து சுருக்கெழுத்தும் தட்டெழுத்தும் கற்று வந்த இளைஞர்கள் கோட்டைப் பகுதிக் கம்பெனிகளிலும், ரயில்வேயிலும், அரசாங்க அலுவலகங்களிலும் அமர்ந்தனர். 1932-இல் தென்னிந்தியக் கல்விச் சங்கம் தோன்றிப் பள்ளி நடத்தலாயிற்று. 1952-இல் சண்முகானந்த சபை உருவாயிற்று. அதன் பெரிய அரங்கம் 1963-இல் திறக்கப்பெற்று, 1990-இல் தீக்கிரையாகி, 1998-இல் மீண்டும் எழுந்தது. இவையெல்லாம் நம் மலர்களில் பலமுறை எழுதப்பெற்ற செய்திகள்.

ஆனால் இளைஞன் வேலைக்கு வந்தவுடன் பள்ளியும் சபையும் அவனுக்கு வேண்டியிருக்கவில்லை. அவனுக்கு முதலில் வேண்டியது சோறு. மணமாகாதவன், அல்லது மனைவியை ஊரில் விட்டு வந்தவன். ஓர் அறையில் ஐவர் அறுவராகத் தங்கியவன். அடுப்பு மூட்ட இடமில்லாதவன். இவனுக்காகவே போர்டிங் என்னும் சாப்பாட்டு விடுதிகள் பிறந்தன. மணி லஞ்ச் ஹோம் 1937-இலும், ராம் ஆசிரயா 1939-இலும், கஃபே மெட்ராஸ் 1940-இலும், ராம நாயக்கின் உடுப்பி ஸ்ரீ கிருஷ்ணா போர்டிங் 1942-இலும் தொடங்கப்பெற்றன. ஐந்தே ஆண்டுகளுக்குள் நான்கு அடுப்புகள்! எத்தனை இளைஞர்கள் பசியோடு வந்து இறங்கியிருக்க வேண்டும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுவதில்லை.

இங்கே ஒரு நுட்பம் உண்டு. 'மதராஸி' என்று மும்பை மக்கள் அழைத்த இவ்வுணவகங்களுள் பலவற்றை நடத்தியவர் தமிழர் அல்லர். துளுவும் கொங்கணியும் கன்னடமும் பேசும் தென்கன்னட மாவட்டத்தார். உடுப்பி கிருஷ்ணன் கோயிலைச் சூழ்ந்து வளர்ந்த சமையற்கலை அவர்களுடையது. அம்மாவட்டம் 1956 நவம்பர் 1-ஆம் நாள் மாநிலங்கள் திருத்தியமைக்கப்படும் வரை சென்னை மாகாணத்தைச் சேர்ந்திருந்தது. பாலக்காடும் அவ்வாறே. ஆகவே மாட்டுங்காவில் சமைத்த கன்னட நாட்டவரும், உண்ட தமிழரும், பாலக்காட்டாரும் அக்காலத்தில் ஒரே மாகாணத்தின் மக்களே. 1966-ஐ அடுத்த ஆண்டுகளில் தென்னிந்தியருக்கு எதிராக இந்நகரில் கிளர்ச்சி எழுந்து உடுப்பி உணவகங்கள் தாக்கப்பட்டபோது, கல்லெறிந்தவர்கள் இவர்களிடையே வேற்றுமை பாராட்டவில்லை. அன்று அடுப்பை அணைக்காதிருந்தவர்களை நாம் நன்றியுடன் நினைத்தல் கடன்.

ஒரு கடையில் அன்னாசி சேர்த்த கேசரியும், இன்னொன்றில் கேழ்வரகுத் தோசையும் உண்டோம். வறுத்தரைத்த காப்பிப்பொடியின் மணம் தெருவையே நிறைத்தது. சிக்கரி எவ்வளவு கலப்பது என்பது பற்றி வெளிநாட்டார் வினவ, வீட்டுக்கு வீடு அது மாறும் என்று நான் விடை கூறினேன். வாழையிலையும் மல்லிகைச் சரமும் சேனைக்கிழங்கும் விற்கும் கடைகளைக் கடந்து, நிலையத்தையடுத்த போர்டிங்கின் மாடிப்படி ஏறினோம். சீட்டு வாங்கிக்கொண்டு காத்திருந்து, முறை வந்ததும் இலையின் முன் அமரும் ஒழுங்கு இன்றும் அங்கே உண்டு.

அங்கே வழிகாட்டி என்னை நோக்கி, "ஐயா, இந்த இடத்தைப் பற்றி உங்கள் வீட்டில் கேட்டிருக்கிறீர்களா?" என்றார். என் பாட்டனார் 1944-இல் பத்தொன்பது வயதில் இந்நகருக்கு வந்தவர். கிரேட் இந்தியன் பெனின்சுலா ரயில்வேயில் எழுத்தர். 1951-இல் பாட்டியார் வந்து சேரும் வரை ஏழு ஆண்டுகள் போர்டிங் சாப்பாட்டிலேயே காலங் கழித்தார். அது போர்க்காலம், 1943-இலேயே பம்பாயில் உணவுப் பங்கீடு வந்துவிட்டது. "மாதக் கடைசியில் கையில் காசில்லாத நாளில், பரிமாறுகிறவர் என் முகத்தைப் பார்த்தே அறிந்துகொள்வார், கேட்காமலே இன்னொரு கரண்டி சோறு விழும்" என்று அவர் கூறுவதுண்டு. இதனை நான் சொன்னபோது அனைவரும் உண்பதை நிறுத்திக் கேட்டனர். பரிமாறியவர் பெயர் என்ன என்று அப்பெண்மணி வினவினார். எனக்குத் தெரியவில்லை. பாட்டனாரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. உணவகத்தை நிறுவியவர் பெயர் பலகையில் உள்ளது. பசியறிந்து இட்டவர் பெயர் எங்கும் இல்லை.

நடை 11 மணிக்கு நிலையத்தருகே முடிந்தது. மற்றவர்கள் விடைபெற்றுச் சென்றனர். மருமகனும் நானும் மேற்புறம் செல்லப் பாலத்தில் ஏறி இறங்கியபோது, வெறும் பாத்திரங்களைக் கட்டிய சைக்கிளைத் தள்ளிக்கொண்டு ஒருவர் எதிர்ப்பட்டார். எங்கள் தொழிற்சாலை வாயிலில் நாள்தோறும் காலையில் இட்டலி விற்பவர், திருநெல்வேலிச் சீமைக்காரர். "என்ன அண்ணாச்சி, ஞாயிற்றுக்கிழமையும் வேலையா?" என்றார். நான் நடந்த கதையைச் சொன்னேன். அவர் வாய்விட்டுச் சிரித்து, "இட்டலி பார்க்கத்தானே போனீர்கள்? நம்ம வீட்டுக்கு வாருங்கள் அண்ணாச்சி, காசு ஒன்றும் வேண்டாம்" என்றார்.

அன்பர்களே, இருபது ஆண்டுகளாக அவர் கையால் இட்டலி வாங்கி உண்கிறேன். அவர் வீடு தாராவியில். நிலையத்திலிருந்து அரை மணிக்கும் குறைந்த நடை. ஒரு நாளும் நான் சென்றதில்லை. அன்றுதான் சென்றேன்.

ஓர் ஆள் மட்டுமே செல்லத்தக்க சந்து. பத்தடி அறை. அவர் மனைவியார் அரிசியும் உளுந்தும் களைந்து ஊறவைத்துக்கொண்டிருந்தார். பிற்பகலில் அரைத்து, இரவு புளிக்கவைத்து, விடியற்காலை 3 மணிக்கு அடுப்பேற்றினால், 6 மணிக்குச் சைக்கிள்கள் புறப்பட்டுவிடும். அந்தச் சந்தில் பல வீடுகளுக்கு அதுவே தொழில். ஊதுகுழலை ஒலித்துக்கொண்டு மும்பைத் தெருக்களில் இட்டலி விற்கும் தமிழர் பலர் தாராவியிலிருந்து வருபவர்களே.

இவர்களுக்கும் வரலாறு உண்டு; மாட்டுங்காவின் வரலாற்றினும் அது மூத்தது. 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில், தோல் பதனிடும் தொழிற்கூடங்கள் தாராவிக்கு வந்தபோது, திருநெல்வேலிப் பகுதியிலிருந்து இசுலாமியரும் ஆதி திராவிடரும் அத்தொழிலுக்காக இங்கே குடியேறினர். அங்குள்ள பெரிய மசூதி 1887-ஆம் ஆண்டினது. கணேசர் கோயில் 1913-இல் எழுந்தது. இந்நகரின் முதல் தமிழ்ப் பள்ளி 1924-இல் தாராவியில்தான் கட்டப்பெற்றது. நாம் பெருமையுடன் குறிப்பிடும் 1932-க்கு அது எட்டாண்டு முந்தியது. நம் சங்கத்துப் பழைய மலர்களைப் புரட்டிப் பார்த்தேன். இச்செய்தியை எதிலும் காணவில்லை.

ஏன் இவ்வாறு நேர்ந்தது? அக்காலத்தில் பல உணவு விடுதிகளில் எல்லாரும் ஒரே வரிசையில் அமர்ந்து உண்ண இயலாதிருந்தது என்பதை நாம் மறைத்தல் கூடாது. இன்ன கடை என்று நான் சுட்ட முற்படவில்லை. அது அக்காலத்தின் பொதுநோய். தென்னாட்டு ரயில் நிலையச் சிற்றுண்டிச் சாலைகளிற்கூடப் பிராமணருக்கெனத் தனியிடம் இருந்து, 1941-இல்தான் அது நீக்கப்பட்டது. 1950-இல் நடைமுறைக்கு வந்த அரசியல் சட்டத்தின் 15-ஆம் பிரிவு, உணவகத்தில் நுழைவதற்குச் சாதி தடையாகலாகாது என விதித்தது. சட்டம் வாயிலைத் திறந்தது. ஆயினும் தண்டவாளத்தைக் கடந்து சென்று உறவு கொண்டாடுவது சட்டத்தால் ஆவதன்று. அது நம் கால்களால் ஆகவேண்டியது. அந்த வீட்டில் அமர்ந்து, அந்த அம்மையார் தந்த சூடான காப்பியைப் பருகியபோது, இருபது ஆண்டுகள் இந்தச் சிறு தொலைவைக் கடவாதிருந்தது குறித்து நான் நாணினேன்.

காலம் விரைகின்றது. மாட்டுங்காவில் பழைய அடுக்குவீடுகள் இடிக்கப்பட்டு வானளாவிய கட்டடங்கள் எழுகின்றன. தாராவியிலோ, மறுசீரமைப்புத் திட்டத்திற்காக 2024-இல் வீடுவீடாகக் கணக்கெடுப்புத் தொடங்கியது. "புது வீடு கொடுத்தால் மகிழ்ச்சிதான் அண்ணாச்சி. ஆனால் ஏழாம் மாடியில் விடியற்காலை மூன்று மணிக்கு இத்தனை பெரிய அடுப்பை எரியவிடுவார்களா?" என்று அந்த நண்பர் கேட்டார். என்னிடம் விடை இல்லை.

ஆகவே சங்கத்தாருக்கு ஒரு விண்ணப்பம். அடுத்த ஆண்டு நாமே ஓர் உணவு நடை நடத்துவோம். நம் பிள்ளைகளையும் அழைத்துச் செல்வோம். காலையில் மாட்டுங்காவின் போர்டிங்கில் இலைபோட்டு உண்போம். பின்னர்ப் பாலம் ஏறி இறங்கித் தாராவிக்குச் சென்று, அங்குள்ள பெரியவர்களிடம் அவர்கள் வந்த கதையைக் கேட்போம். பரிமாறியவர், மாவரைத்தவர், சைக்கிளில் சுமந்தவர் ஆகியோரின் பெயர்களைப் பிள்ளைகள் ஏட்டில் எழுதிக்கொள்ளட்டும். அவை அடுத்த மலரில் அச்சேறட்டும். என் பாட்டனாருக்குச் சோறிட்டவர் பெயரை நான் கேட்கத் தவறினேன். அந்தக் குறை நம் பிள்ளைகளுக்கு வேண்டா.

வாழ்க தமிழ்! வளர்க நம் சங்கம்!