பாஸ்தாவின் பழைய பெயர் இத்ரிய்யா

கானலோனி என்பது இத்தாலியரின் விருந்து நாள் உணவு. கோதுமை மாவாலான அகன்ற குழல்களுக்குள் ரிகோட்டா எனும் மென்மையான பாலாடைக்கட்டியையும் பசலை இனக் கீரையையும் அடைத்து, தக்காளிச் சாறும் பாலில் காய்ச்சிய வெண்குழம்பும் மேலே ஊற்றி, அவனில் வைத்துச் சுட்டெடுப்பர். நம் இல்லங்களிலும் அவன் வந்துவிட்டமையால் பலர் இதனைச் செய்து பார்க்கின்றனர். அதனோடு இரண்டு வினாக்களும் வருகின்றன. பாஸ்தாவைக் கண்டுபிடித்தவர்கள் முஸ்லிம்கள் என்பது மெய்யா? உள்ளே வைக்கும் சீஸ் ஹலாலானதா? முன்னதற்கு வரலாறும் பின்னதற்கு ஃபிக்ஹும் விடை கூற வேண்டும்.

ஹிஜ்ரி 212இல், அதாவது கி.பி. 827இல், கைரவான் நகரின் காழி அஸத் இப்னுல் ஃபுராத் (ரஹ்) தலைமையில் ஒரு படை சிசிலித் தீவை நோக்கிக் கடல் கடந்தது. மதீனாவில் இமாம் மாலிக் (ரஹ்) அவர்களிடமும், இராக்கில் இமாம் அபூஹனீஃபாவின் மாணவர் முஹம்மது அஷ்ஷைபானீ (ரஹ்) அவர்களிடமும் பாடம் கேட்ட பேரறிஞர் அவர். மறு ஆண்டே சிரக்கூஸ் முற்றுகையின்போது இறையடி சேர்ந்தார். 831இல் பலெர்மோ முஸ்லிம்கள் வசமாயிற்று. 973இல் அங்குச் சென்ற பயணி இப்னு ஹவ்கல், அந்நகரில் முந்நூறுக்கும் மேற்பட்ட பள்ளிவாசல்கள் இருந்ததாக எழுதுகிறார். எலுமிச்சையும் கரும்பும் புதிய பாசன முறைகளும் அத்தீவில் வேரூன்றிய காலம் அது. 1072இல் பலெர்மோ நார்மானியரிடம் வீழ்ந்தது.

ஆட்சி போயிற்று, மக்கள் அங்கேயே வாழ்ந்தனர். நார்மானிய மன்னர் இரண்டாம் ரோஜர், முஸ்லிம் அறிஞர்களைத் தம் அவையில் வைத்துப் போற்றினார். அவருக்காகவே புவியியலாளர் அல்இத்ரீஸீ ஹிஜ்ரி 548இல், கி.பி. 1154இல், தம் பெருநூலை எழுதி முடித்தார். பலெர்மோவுக்குக் கிழக்கே திராபியா எனும் ஊரை அதில் அவர் வருணிக்கிறார். ஓடும் நீரும் பல மாவாலைகளும் உள்ள அவ்வூரில் ‘இத்ரிய்யா’ மிகுதியாகச் செய்யப்பட்டு, கலாப்ரியாவுக்கும், முஸ்லிம் நாடுகளுக்கும், கிறிஸ்தவ நாடுகளுக்கும் கப்பல்களில் அனுப்பப்படுகிறது என்கிறார். இத்ரிய்யா என்பது கடினக் கோதுமை ரவையைப் பிசைந்து இழையாக்கி உலர்த்திய பண்டம். ரமளான் இரவுகளில் நாம் பாயசம் காய்ச்சும் சேமியாவுக்கு உறவு எனலாம். உலர்ந்ததால் கெடாது, கெடாததால் கப்பலேறியது. பாஸ்தா பெருமளவு வணிகப் பொருளாக இருந்தமைக்கு இத்தாலிய மண்ணிலிருந்து கிடைக்கும் மிகப் பழைய சான்றுகளுள் இது தலையாயது.

மார்க்கோ போலோ சீனத்திலிருந்து பாஸ்தாவைக் கொண்டு வந்தார் என்னும் கதை இங்கேயே உடைகிறது. அவர் வெனிஸ் திரும்பியது 1295இல். அல்இத்ரீஸீ எழுதி அதற்குள் 141 ஆண்டுகள் கடந்துவிட்டன. 1279ஆம் ஆண்டின் ஜெனோவா ஆவணம் ஒன்றில், ஒருவரது உடைமைப் பட்டியலில், மக்கரோனி நிறைந்த பெட்டியும் இடம்பெற்றுள்ளது.

ஆயினும் ‘நாமே கண்டுபிடித்தோம்’ என்று மேடையில் முழங்குவோருக்கும் ஒரு சொல். இத்ரிய்யா எனும் சொல் கிரேக்க மூலம் உடையது. யூதர்களின் ஜெருசலம் தல்மூதிலும் அதன் வடிவம் வருகிறது. ஹதீஸுக்கு இஸ்நாது கேட்கும் சமுதாயம் வரலாற்றுக்கும் அதனைக் கேட்க வேண்டாமா? சான்று சொல்வது இவ்வளவே: முன்னரே இருந்த ஒரு பண்டத்தை அரபு உலகம் வளர்த்தது, சிசிலியின் ஆலைகள் அதனைக் கடல் கடத்தின. இதுவும் சிறிய பெருமையன்று. இன்றும் தென் இத்தாலியின் சாலெந்தோ பகுதியில் கொண்டைக்கடலையோடு சமைக்கும் பாஸ்தாவுக்கு ‘த்ரியா’ என்றே பெயர்.

அம்மக்களின் முடிவு துயரமானது. பேரரசர் இரண்டாம் ஃபிரடெரிக் 1220களில் தொடங்கி சிசிலி முஸ்லிம்களைப் பெயர்த்து, இத்தாலியப் பெருநிலத்தின் லூசெரா நகரில் குடியேற்றினார். 1300இல் நேப்பிள்ஸின் அஞ்சூ மன்னர் இரண்டாம் சார்லஸ் அக்குடியிருப்பை அழித்தார். அங்கிருந்தோர் பலர் அடிமைகளாக விற்கப்பட்டனர். ஏறத்தாழ அதே காலத்தில், அதே அஞ்சூ அரசவையோடு தொடர்புடையதெனக் கருதப்படும் இலத்தீன் சமையல் நூலொன்று உருவானது. ‘லிபெர் தெ கோக்வினா’ என்பது அதன் பெயர். மாவை மெல்லியதாய் விரித்து, சதுரமாய் வெட்டி வேகவைத்து, துருவிய பாலாடைக்கட்டியும் மசாலாவும் அடுக்கடுக்காய்த் தூவும் லசாஞா அதில் உண்டு. சீஸ் வைத்த பாஸ்தாக்களின் மூதாதை அதுவே. அந்நூலிலேயே ‘த்ரியா’வும் உண்டு, மாதுளை, சுமாக்கு, எலுமிச்சை ஆகியவற்றின் அரபுப் பெயர்களைத் தாங்கிய கோழிக் குழம்புகளும் உண்டு. மக்களை விற்ற அரண்மனையின் அடுக்களையில் அவர்களின் மொழி தங்கிவிட்டது.

தக்காளி அமெரிக்காவிலிருந்து வந்தது. பாஸ்தாவின் மீது அது பரவலாக ஏறியது 19ஆம் நூற்றாண்டில்தான். கீரையோ பாரசீகத்தில் தோன்றி அரபுகளின் வழியே மேற்கே சென்றது.

இனி பாலாடைக்கட்டி. தபூக்கில் நபி (ஸல்) அவர்களிடம் பாலாடைக்கட்டி கொண்டுவரப்பட்டபோது, கத்தியை வரவழைத்து, அல்லாஹ்வின் பெயர் கூறி அதனை வெட்டியதாக இப்னு உமர் (ரலி) அவர்களின் அறிவிப்பு அபூதாவூதில் பதிவாகியுள்ளது. எனவே சீஸ் தன்னளவில் ஆகுமானதே. சிக்கல் பாலை உறைய வைக்கும் பொருளில் உள்ளது. அரபியில் ‘இன்ஃபஹா’, இன்று ரென்னெட் எனப்படும் அது, பால்குடிக் கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கப்படுவது. முறைப்படி அறுக்கப்படாத கன்றினுடையதாயினும் அது தூய்மையானதே என்பது இமாம் அபூஹனீஃபா (ரஹ்) அவர்களின் கருத்து. ஷாஃபிஈ மத்ஹபில் அது நஜிஸ். ஷாஃபிஈகளும் ஹனஃபிகளும் கலந்து வாழும் நம் தமிழ்நாட்டில் ஒரே பொட்டலத்துக்கு இரு வீடுகளில் இரு விடைகள் கிடைப்பது இதனால்தான். ஒருவர் மற்றவரைக் குறை கூறுவதற்கு இதில் இடமில்லை.

பார்மிஜானோ ரெஜ்ஜானோவுக்குக் கன்றின் ரென்னெட்டே விதி. ஆதலால் ஷாஃபிஈ சகோதரிகள் அதனைத் தவிர்த்து, தாவர அல்லது நுண்ணுயிர் ரென்னெட் எனக் குறிப்பிட்ட சீஸை வாங்குவது பேணுதல். ரிகோட்டாவும் சீஸ் செய்தபின் எஞ்சும் நீரை மீண்டும் காய்ச்சி எடுப்பதே. ‘மீண்டும் சமைத்தது’ என்பதே அப்பெயரின் பொருள். அந்த நீரிலும் ரென்னெட்டின் தொடர்பு உண்டு. இதற்கு வீட்டிலேயே வழி உள்ளது. ஒரு லிட்டர் பாலைக் கொதிக்கவிட்டு, எலுமிச்சைச் சாறு விட்டுத் திரித்து, துணியில் வடித்து, இறுகப் பிழியாமல் ஈரத்தோடு எடுத்தால் ரிகோட்டாவுக்கு நிகராக நிற்கும். வதக்கிய கீரையைப் பிழிந்து, உப்பும் மிளகும் சிறிது சாதிக்காயும் சேர்த்துக் கலந்து, அரைவேக்காட்டில் எடுத்த குழல்களில் அடைத்து, 180 பாகையில் அரைமணி நேரம் வைத்தால் மேற்புறம் பொன்னிறமாகும். இறைச்சி அடைக்கும் வகைகளில் திராட்சை மது ஊற்றும் வழக்கம் அங்குண்டு; அந்தக் குறிப்புகளைப் பார்த்துச் செய்வோர் அவ்விடத்தில் இறைச்சி வெந்த நீரையே ஊற்றிக்கொள்ளலாம்.