சிங்கப்பூர் அடுக்குமாடிகளில் பல்லின வாழ்வு

சிங்கப்பூரில் அரசு கட்டிய அடுக்குமாடி வீடுகளில் ஒவ்வோர் இனத்தவரும் எத்தனை விழுக்காடு வரை குடியிருக்கலாம் என்று வரம்பு விதிக்கும் ஏற்பாடு இன ஒருங்கிணைப்புக் கொள்கை எனப்படுகிறது. 1989ஆம் ஆண்டு மார்ச் 1 முதல் இது நடைமுறையில் உள்ளது. நாட்டின் குடிமக்கள், நிரந்தரவாசிகள் ஆகியோருள் ஏறத்தாழ பத்தில் எட்டுப் பேர் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் (வீவக) கட்டிய வீடுகளில் வாழ்கின்றனர். ஆகவே யார் யாருக்கு அண்டை வீட்டார் என்பதை இந்தக் கொள்கை பெருமளவு தீர்மானிக்கிறது. பல பண்பாட்டு மக்கள் ஒரே நகரில் வாழ்வதை அரசே திட்டமிட்டு அமைக்க முயன்றதற்கு இது ஒரு முக்கிய எடுத்துக்காட்டாகும்.

பிரித்து வகுக்கப்பட்ட நகரம்

1819இல் ஸ்டாம்ஃபோர்டு ராஃபிள்ஸ் சிங்கப்பூரில் வணிகத் தளம் அமைத்த பின், துறைமுகத்தை நாடிப் பல நாட்டவரும் வந்து குடியேறினர். 1822இல் அவருடைய வழிகாட்டுதலின்படி லெஃப்டினன்ட் ஃபிலிப் ஜாக்சன் நகருக்கு ஒரு திட்ட வரைபடம் தயாரித்தார். அதில் ஐரோப்பியருக்கும், சீனருக்கும், தமிழ் முஸ்லிம் வணிகர்களான சூலியாக்களுக்கும், அராபியருக்கும், பூகிஸ் மக்களுக்கும் தனித்தனிப் பகுதிகள் குறிக்கப்பட்டன. கம்போங் கிளாம் பகுதி மலாய் சுல்தானுக்கு உரியதாயிற்று.

வரைபடத்தில் இருந்த கோடுகள் நடைமுறையில் முழுமையாக நிலைக்கவில்லை. ராஃபிள்ஸுடன் பினாங்கிலிருந்து வந்த நாராயண பிள்ளை 1827இல் மாரியம்மன் கோயிலை நிறுவினார். அது இன்று சைனாடவுன் எனப்படும் சீனர் பகுதியின் நடுவே உள்ளது. அதே சாலையில் சூலியாக்கள் கட்டிய ஜாமிஆ பள்ளிவாசல் இருக்கிறது. தெலுக் ஆயர் தெருவில் நாகூர் தர்காவும் தியான் ஹொக் கெங் என்னும் சீனக் கோயிலும் அருகருகே எழுந்தன.

ஆயினும் குடியிருப்புகள் பெரும்பாலும் இனவாரியாகவே இருந்தன. சீனர்களுக்குள்ளும் கிளைமொழி அடிப்படையில் தெருக்கள் பிரிந்திருந்தன. தமிழர்கள் சிராங்கூன் சாலை, துறைமுகத்தை ஒட்டிய தஞ்சோங் பகார், செம்பவாங் கடற்படைத் தளம் போன்ற இடங்களில் தொழிலைச் சார்ந்து திரண்டனர். சந்தையில் எல்லாரும் 'பசார் மலாய்' எனப்பட்ட எளிய மலாய் மொழியில் பேசிக்கொண்டனர். பர்மாவையும் ஜாவாவையும் ஆராய்ந்த ஜே. எஸ். ஃபர்னிவால், குடியேற்ற நாடுகளில் வெவ்வேறு இனத்தவர் வாங்குவதிலும் விற்பதிலும் மட்டுமே கலக்கின்றனர் என்று விளக்கினார். அன்றைய சிங்கப்பூருக்கும் அந்த விளக்கம் பெரிதும் பொருந்தும்.

கலவரங்கள்

இந்தப் பிரிவின் ஆபத்து இருபதாம் நூற்றாண்டின் நடுவில் வெளிப்பட்டது. மலாய்க் குடும்பத்தில் வளர்ந்த டச்சுச் சிறுமி மரியா ஹெர்டோக் யாரிடம் இருக்க வேண்டும் என்ற வழக்கை ஒட்டி 1950 டிசம்பரில் கலவரம் மூண்டது. அதில் 18 பேர் இறந்தனர்.

சிங்கப்பூர் மலேசியாவின் ஒரு பகுதியாக இருந்தபோது, 1964 ஜூலை 21 அன்று நபிகள் நாயகம் பிறந்தநாள் ஊர்வலத்தின்போது மலாய்க்காரர்களுக்கும் சீனர்களுக்கும் இடையே மோதல் வெடித்தது. 23 பேர் உயிரிழந்தனர்; 454 பேர் காயமடைந்தனர். செப்டம்பரில் மீண்டும் நடந்த கலவரத்தில் மேலும் 13 பேர் மாண்டனர். ஊரடங்கு பிறப்பிக்கப்பட்டது, வட்டாரந்தோறும் நல்லெண்ணக் குழுக்கள் அமைக்கப்பட்டன. 1965 ஆகஸ்ட் 9 அன்று சிங்கப்பூர் தனிநாடானபோது, இந்த நினைவுகள் ஆட்சியாளர்களின் மனத்தில் ஆழப் பதிந்திருந்தன. யாழ்ப்பாணத் தமிழ் மரபினரான எஸ். ராஜரத்தினம் 1966இல் வரைந்த தேசிய உறுதிமொழி, இன, மொழி, சமய வேறுபாட்டைக் கடந்த ஒற்றுமையை வலியுறுத்துகிறது.

கம்போங்கிலிருந்து அடுக்குமாடிக்கு

வீவக 1960இல் தொடங்கப்பட்டது. மறு ஆண்டு மே 25 அன்று புக்கிட் ஹோ சுவீ குடிசைப் பகுதியில் ஏற்பட்ட பெருந்தீயில் ஏறத்தாழ 16,000 பேர் வீடிழந்தனர். அவர்களுக்கு விரைவாக அடுக்குமாடி வீடுகள் கட்டித் தந்ததால் வீவகவின் மீது மக்களுக்கு நம்பிக்கை வளர்ந்தது. 1966இல் வந்த நிலம் கையகப்படுத்தும் சட்டம் அரசின் பணியை எளிதாக்கியது. கம்போங்குகள் எனப்பட்ட சிற்றூர்கள் படிப்படியாகக் கலைக்கப்பட்டு, அங்கிருந்தவர்கள் புதிய நகரங்களில் குடியமர்த்தப்பட்டனர்.

இதனால் பழைய இனவாரிக் குடியிருப்புகள் உடைந்தன. ஆனால் வீடுகளை மறுவிற்பனை செய்யும் வாய்ப்பு விரிந்தபோது, மக்கள் தம் உறவினருக்கும் வழிபாட்டிடங்களுக்கும் அருகே மீண்டும் திரளத் தொடங்கினர். 1980களில் பிடோக், தெம்பனிஸ் பகுதிகளில் மலாய்க்காரர்களும் ஹவ்காங்கில் சீனர்களும் அதிகமாகச் சேர்வதை அரசு கண்டது. அப்போது தேசிய வளர்ச்சி அமைச்சராக இருந்தவர் தமிழரான எஸ். தனபாலன். அவர் 1989 ஜனவரியில் இந்தப் போக்கைப் பொதுவெளியில் விவாதத்துக்குக் கொண்டுவந்தார். இரு மாதங்களுக்குள் கொள்கை நடைமுறைக்கு வந்தது.

வரம்புகள் செயல்படும் முறை

வரம்பு இரண்டு நிலைகளில் கணக்கிடப்படுகிறது. ஒன்று அக்கம்பக்கம், மற்றொன்று தனிக் கட்டடமான புளோக். 1989இல் சீனருக்கு அக்கம்பக்கத்தில் 84 விழுக்காடு, புளோக்கில் 87 விழுக்காடு என வரம்பு விதிக்கப்பட்டது. மலாய்க்காரருக்கு 22, 25. இந்தியருக்கும் பிற இனத்தவருக்கும் 10, 13. இந்தியர் எண்ணிக்கை உயர்ந்ததால், இறுதிப் பிரிவின் வரம்பு 2010 மார்ச்சில் 12, 15 என உயர்த்தப்பட்டது.

ஓர் இனம் தன் வரம்பை எட்டாதவரை யாரும் யாருக்கும் வீட்டை விற்கலாம். எட்டிவிட்டால், அந்த இனத்தைச் சேர்ந்தவர் அங்கே வீடு வாங்க விரும்பினால் தம் இனத்தவரிடமிருந்து மட்டுமே வாங்க முடியும். அப்போது அந்த இனத்தின் விழுக்காடு மாறுவதில்லை.

எடுத்துக்காட்டாக, 100 வீடுகள் உள்ள ஒரு புளோக்கில் 87 வீடுகள் சீனருடையவை எனக் கொள்வோம். அங்கே வீட்டை விற்கும் சீனர், சீனர் உட்பட எவருக்கும் விற்கலாம். பிற இனங்களின் வரம்பு நிறைந்திருந்தால் மட்டுமே அவர்களுக்கு விற்க இயலாது. ஆனால் அதே புளோக்கில் உள்ள தமிழர் தம் வீட்டைச் சீனருக்கு விற்க முடியாது. வாங்குவோரில் பெரும்பான்மையினர் சீனர் என்பதால் அவருக்கு வாடிக்கையாளர் குறைகின்றனர், விற்க நாளாகிறது, விலையும் குறையக்கூடும்.

விமர்சனங்கள்

கொள்கையின் மீதான முதன்மைக் குறை இதுவே. சிறுபான்மையினர் ஒதுங்கிப் போகாமல் காக்க வகுத்த விதியின் பொருட்சுமை, பல நேரங்களில் சிறுபான்மையினர் மீதே விழுகிறது. வீடுதான் பெரும்பாலான குடும்பங்களின் முதன்மைச் சொத்து என்பதால் இது சிறிய இழப்பன்று. 2021இல் நாடாளுமன்றத்தில் இப்பிரச்சினை விரிவாக விவாதிக்கப்பட்டது. விதியால் வீட்டை விற்க முடியாமல் தவிக்கும் உரிமையாளர்களிடமிருந்து, சில நிபந்தனைகளின்கீழ் வீவகவே வீட்டைத் திரும்ப வாங்கும் ஏற்பாடு 2022இல் அறிவிக்கப்பட்டது.

இரண்டாவது விமர்சனம் அரசியல் சார்ந்தது. சிறுபான்மையினர் எங்கும் பரவி வாழ்வதால் எந்தத் தொகுதியிலும் அவர்கள் பெரும்பான்மை ஆவதில்லை. 1988இல் அறிமுகமான குழுத்தொகுதி முறை, வேட்பாளர் குழுவில் சிறுபான்மையினர் ஒருவராவது இருக்க வேண்டும் என்று கூறுகிறது. இதை ஒரு பாதுகாப்பு என்று ஆதரவாளர்களும், ஆளுங்கட்சிக்குச் சாதகமான ஏற்பாடு என்று எதிர்ப்பாளர்களும் கருதுகின்றனர்.

மூன்றாவது, இனத்தை அடையாள அட்டையில் எழுதிவைத்துக் கணக்கிடும் முறை பற்றியது. கலப்புத் திருமணங்களில் பிறந்த பிள்ளைகளுக்கு 2011 முதல் இரு இனப் பெயர்களைச் சேர்த்துப் பதிவு செய்ய இயலும். ஆயினும் மக்களைச் சீனர், மலாய்க்காரர், இந்தியர், மற்றவர் என நான்காக வகுப்பதே இன்றும் அடிப்படையாக உள்ளது.

அன்றாட வாழ்வில்

அடுக்குமாடிகளின் திறந்த கீழ்த்தளம் இந்த வாழ்வின் பொது முற்றமாக விளங்குகிறது. நகர மன்றத்தின் அனுமதி பெற்று, மலாய்த் திருமண விருந்தும் சீனர்களின் இறுதிச் சடங்கும் அதே இடத்தில் வெவ்வேறு நாட்களில் நடக்கின்றன. சீனர்கள் முன்னோருக்குக் காகிதப் படையல் எரிப்பதற்கு நகர மன்றங்கள் தொட்டிகள் வைக்கின்றன.

அருகில் வாழ்வதால் உரசல்களும் எழுகின்றன. சீனாவிலிருந்து குடிவந்த ஒரு குடும்பம், அண்டை இந்தியக் குடும்பத்தின் குழம்பு வாசனை பற்றி முறையிட்டது. சமூக சமரச நிலையத்தில், முறையிட்டவர்கள் வீட்டில் இல்லாதபோது மட்டும் குழம்பு சமைப்பது என்று உடன்பாடு ஏற்பட்டது. இச்செய்தி 2011இல் வெளியானபோது பலர் கொதித்தனர். ஆகஸ்ட் 21 அன்று எல்லாரும் குழம்பு சமைக்கலாம் என்று இணையத்தில் அழைப்பு எழுந்தது. 50,000க்கும் மேற்பட்டோர் ஆதரவு தெரிவித்தனர். சீனர்களும் மலாய்க்காரர்களும் அதில் சேர்ந்துகொண்டனர். குழம்பு எல்லாச் சிங்கப்பூரருக்கும் உரியது என்ற உணர்வு அதில் வெளிப்பட்டது. அதேவேளை, புதிதாகக் குடியேறுவோர் மீதான மனக்கசப்பும் அதில் கலந்திருந்தது.

கொள்கைக்கு வெளியே நிற்போர்

இந்த ஒருங்கிணைப்பு குடிமக்களையும் நிரந்தரவாசிகளையுமே உள்ளடக்கியது. வேலை அனுமதியில் கட்டுமானத் துறையில் பணியாற்றும் மலேசியர் அல்லாதோர் வீவக வீடுகளை வாடகைக்கு எடுக்க முடியாது. தமிழ்நாட்டிலிருந்தும் வங்காளதேசத்திலிருந்தும் வந்த பல்லாயிரம் தொழிலாளர்கள் தனி விடுதிகளில் வாழ்கின்றனர். லிட்டில் இந்தியாவில் 2013 டிசம்பர் 8 அன்று தமிழகத் தொழிலாளி ஒருவர் பேருந்தில் சிக்கி இறந்ததைத் தொடர்ந்து நடந்த கலவரமும், 2020இல் விடுதிகளில் கோவிட் தொற்று மிக வேகமாகப் பரவியதும் இவர்கள் நகரிலிருந்து எவ்வளவு விலகி வாழ்கின்றனர் என்பதை வெளிக்காட்டின.

1964க்குப் பிந்தைய தலைமுறைகளில், ஒரே மின்தூக்கியில் ஏறி இறங்கும் பல இனப் பிள்ளைகள் ஒரே பள்ளிக்குச் செல்வது இயல்பாகியிருக்கிறது. இதில் கொள்கையின் பங்கு எவ்வளவு, கல்வி, வேலைவாய்ப்பு, கடுமையான சட்டங்கள் ஆகியவற்றின் பங்கு எவ்வளவு என்று பிரித்துக் காண்பது கடினம். வரம்புகள் இல்லாவிட்டாலும் மக்கள் கலந்து வாழும் நாள் வந்தால் கொள்கை தேவைப்படாது என்று அரசும் கூறி வந்துள்ளது. அந்த நாள் வந்துவிட்டதா என்பதே அங்கு இன்றும் தொடரும் விவாதம்.