சனமில்லாத போர்க்களம்: இணையப் போர் விளையாட்டின் பீற்றாவுக்குள் என்ன நடக்கிறது?

2025 ஓகஸ்ட் மாதம், நல்லூர்த் திருவிழா நடந்துகொண்டிருந்த நாட்களில் யாழ்ப்பாணத்தில் அக்கா வீட்டில் தங்கியிருந்தேன். பெரியம்மாவின் மகள். வன்னியில் கடைசி வரை இருந்து வெளியே வந்தவர். அவருடைய மகனுக்கு இப்போது பதினேழு வயது. போர் முடிந்தபோது அவனுக்கு ஒரு வயது கூட நிரம்பியிருக்கவில்லை. பங்கருக்குள் தூக்கி வைத்திருந்த பிள்ளை. அவனுக்கு அதில் எதுவும் நினைவில்லை.

அந்தச் சனிக்கிழமை இரவு அவனுடைய அறையிலிருந்து வெடிச்சத்தம் கேட்டது. அக்கா குசினியிலிருந்து வந்து கதவடியில் நின்றார். "சத்தத்தைக் குறையடா. செல் வாற சத்தம் உப்பிடியில்லை எண்டு எனக்குத் தெரியும். ஆனா உடம்புக்குத் தெரியுதில்லை" என்றார். பிறகு என்னைப் பார்த்து, "உதென்ன தம்பி, வெளியில வராத விளையாட்டை எல்லாரும் விளையாடீனமாம்?" என்று கேட்டார்.

அவர் கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லத்தான் இந்தக் கட்டுரை. எங்கள் வீடுகளில் பல பிள்ளைகள் இந்த விளையாட்டுகளுக்குள் இருக்கிறார்கள். பெரியவர்களுக்கு அங்கிருந்து வரும் சத்தம் மட்டும்தான் தெரிகிறது.

பீற்றா என்பது ஒரு விளையாட்டு முழுமையாக வெளிவருவதற்கு முன் அதைப் பொதுமக்களின் கையில் கொடுத்துப் பரிசோதிக்கும் கட்டம். பல இலட்சம் பேர் ஒரே நேரத்தில் நுழைந்தால் சேர்வர் தாங்குமா, எந்தத் துப்பாக்கி அளவுக்கு மீறி வலுவாக இருக்கிறது, எங்கே விளையாட்டு உறைந்து நிற்கிறது என்பதையெல்லாம் ஓர் அலுவலகத்துக்குள் இருந்து கண்டுபிடிக்க முடியாது. ஆகவே திறந்து விடுகிறார்கள். அழைப்பு உள்ளவர்கள் மட்டும் நுழைவது மூடிய பீற்றா. எவரும் நுழையக்கூடியது திறந்த பீற்றா. இது விளம்பரமும்தான். சொல்லப்போனால் இப்போதெல்லாம் விளம்பரம் முதலாவது, பரிசோதனை இரண்டாவது.

மருமகன் விளையாடியது 'பற்றில்பீல்ட் 6'. எலெக்ட்ரோனிக் ஆர்ட்ஸ் நிறுவனத்தின் வெளியீடு. ஸ்ரொக்ஹோமில் உள்ள டைஸ் உட்பட நான்கு ஸ்ரூடியோக்கள் சேர்ந்து உருவாக்கியது. ஓகஸ்ட் 7, 8 ஆகிய இரண்டு நாட்களும் முன்கூட்டியே பதிவு செய்தவர்களுக்கும், ட்விட்ச் தளத்தில் குறிப்பிட்ட ஒளிபரப்புகளைப் பார்த்து அனுமதி பெற்றவர்களுக்கும் ஒதுக்கப்பட்டன. 9, 10 ஆம் திகதிகளிலும், மறுபடி 14 முதல் 17 வரையும் எல்லோருக்கும் திறந்திருந்தது. ஸ்ரீம் தளத்தில் மட்டும் ஒரே நேரத்தில் 5 இலட்சத்து 21 ஆயிரம் பேர் விளையாடினார்கள். முதல் நாளில் உள்ளே போகவே வரிசை. திரையில் உங்களுக்கு முன்னால் எத்தனை பேர் என்ற எண் தெரியும். அது இலட்சங்களில் நின்றது. வரிசையில் நிற்பது எங்களுக்குப் புதிதா என்ன?

சேர்வதற்குக் காசு தேவைப்படவில்லை. கணினியில் என்றால் ஸ்ரீம், எபிக் அல்லது நிறுவனத்தின் சொந்தச் செயலி வழியாகப் பதிவிறக்க வேண்டும். நிறுவனத்தில் ஒரு கணக்கும் திறக்க வேண்டும். பலர் தடக்குப்பட்டது அதற்கு அடுத்த படியில். கணினியில் 'செக்கியூர் பூட்' இயங்கியிருக்க வேண்டும் என்று விளையாட்டு கட்டாயப்படுத்தியது. கணினி எழும்பும்போது அனுமதியில்லாத மென்பொருள் எதுவும் நுழையவில்லை என்று உறுதிப்படுத்தும் அமைப்பு அது. கள்ள ஆட்டம் ஆடுபவர்களைத் தடுக்கத்தான் இந்த ஏற்பாடு. சுவருக்கு அப்பால் இருப்பவரைக் காட்டும், குறியைத் தானாகவே பிடிக்கும் மென்பொருட்கள் இணையத்தில் விற்பனைக்கு உண்டு. முதல் இரண்டு நாட்களில் மட்டும் அப்படியான 3 இலட்சத்து 30 ஆயிரம் முயற்சிகளைத் தடுத்ததாக நிறுவனம் அறிவித்தது.

இந்த இடத்தில் பெற்றோருக்கு ஒரு விடயம். பழைய கணினிகளில் இந்த அமைப்பை இயக்க, வன்தட்டின் பிரிப்பு முறையையே மாற்ற வேண்டி வரலாம். பிழையாகச் செய்தால் கணினி எழும்பாது. முதலில் படங்களையும் படிப்புக் கோப்புகளையும் வேறிடத்தில் பிரதி எடுத்து வையுங்கள். இன்னொன்று, இந்தக் கள்ள ஆட்டத் தடுப்பு மென்பொருள் கணினியின் ஆக அடித்தளத்தில், இயங்குதளத்தின் கருவுக்கு நெருக்கமாக ஓடுகிறது. வீட்டின் வங்கிக் கணக்கைப் பார்ப்பதும் அதே கணினியில்தான் என்றால், அதை அனுமதிப்பதா என்பதை வீட்டில் கதைத்து முடிவெடுக்க வேண்டும். பிள்ளை தனியே அழுத்தி முடிக்கும் 'சம்மதம்' அல்ல அது.

பிறகு ஆட்டத்தைத் தெரிவு செய்து காத்திருக்க வேண்டும். ஆட்களைச் சேர்த்து அணி பிரித்து விடுவது மென்பொருள். அது பெரும்பாலும் உங்களுக்கு அண்மையிலுள்ள சேர்வரைத் தேடும். காரணம் தூரம். கண்ணாடி இழைக்குள் ஒளி விநாடிக்குச் சுமார் இரண்டு இலட்சம் கிலோமீற்றர் போகும். மருமகனோடு சேர்ந்து விளையாடுவது ரொறன்ரோவில் இருக்கும் அவனுடைய சித்தப்பாவின் மகன். யாழ்ப்பாணத்திலிருந்து ரொறன்ரோ நேர்கோட்டில் 13 ஆயிரம் கிலோமீற்றருக்கு மேல். ஒரு தகவல் போய்த் திரும்ப 130 மில்லி விநாடிக்குக் குறையாது. கேபிள்கள் சுற்றி வளைந்து வருவதால் நடைமுறையில் இன்னும் கூடும். இருவரில் ஒருவர் எப்போதும் தாமதத்தில்தான் விளையாடுவார். மறைவுக்குள் ஓடிவிட்டேன் என்று நினைத்த பிறகு செத்து விழுவார். "உன்ர சேர்வரா, என்ர சேர்வரா" என்ற சண்டையை அந்த ஒரு வார இறுதியிலேயே நான்கு தரம் கேட்டேன். ஒருவரையொருவர் நேரில் பார்த்திராத இரண்டு பிள்ளைகள் அவர்கள். இவனுக்கு இரவென்றால் அவனுக்குப் பகல். இவ்வளவு நேரம் கதைத்துக்கொள்ள அவர்களுக்கு வேறு இடமும் இல்லை.

உள்ளே

பெரிய ஆட்டத்தின் பெயர் 'கொன்குவெஸ்ட்'. ஓர் அணியில் 32 பேராக மொத்தம் 64 பேர். வரைபடத்தில் சில இடங்களைப் பிடித்து வைத்திருக்க வேண்டும். ஒவ்வோர் அணிக்கும் ஒரு கையிருப்பு எண் உண்டு. அதை 'ரிக்கற்' என்பார்கள். ஒருவர் செத்துத் திரும்ப எழும்போது அதில் ஒன்று கழியும். கூடுதலான இடங்களை எதிரி பிடித்து வைத்திருந்தாலும் கழியும். எண் தீர்ந்த அணி தோற்கும். ஆக, இங்கே சாவுக்கு ஒரு விலை இருக்கிறது. அது அணியின் கணக்கில் ஒன்று.

ஒரு பிரிவில் நான்கு பேர். தாக்குபவர், வாகனம் திருத்துபவர், வழங்குநர், வேவு பார்ப்பவர் என்று நான்கு வேலைகள். அடிபட்டு விழுந்தவர் உடனே சாவதில்லை. கொஞ்ச நேரம் நிலத்தில் கிடப்பார். உதவி கேட்டுக் கத்தலாம், அல்லது ஒரு பொத்தானை அழுத்தி நம்பிக்கையை விட்டுவிடலாம். இம்முறை புதிதாகச் சேர்த்திருந்தது, விழுந்தவரின் உடுப்பைப் பிடித்து மறைவுக்கு இழுத்துக்கொண்டே உயிர்ப்பிக்கும் வசதி.

மருமகன் ஒருவரை அப்படி இழுத்துக்கொண்டு போனபோது அக்கா கதவடியில்தான் நின்றார்.

"ஆளை எங்க கொண்டு போறாய்?"

"சுவர்க்கரைக்கு அம்மா. அங்க வைச்சு எழுப்பினா அவர் திரும்ப விளையாடலாம்."

அக்கா வேறொன்றும் கேட்கவில்லை. அந்த இரவு முழுக்க எனக்கு மனதில் நின்றது அந்தக் கேள்விதான்.

பீற்றாவில் நான்கு வரைபடங்கள் இருந்தன. கெய்ரோ நகரம், ஜிப்ரோல்ற்றர், தஜிகிஸ்தான் மலைகள், இரண்டாவது வாரத்தில் நியூயோர்க்கின் புரூக்ளின். ஒரு பக்கம் நேட்டோ, மறுபக்கம் கற்பனையான தனியார் இராணுவம் ஒன்று. தாங்கியால் அடித்தால் வீட்டுச் சுவர் பெயர்ந்து விழும். கூரை இறங்கும். தூசி எழும்பிக் கொஞ்ச நேரம் ஒன்றும் தெரியாது. இதையெல்லாம் அவ்வளவு நுணுக்கமாகச் செய்திருக்கிறார்கள். கடைகளில் சாமான் இருக்கிறது, தெருவில் கார்கள் நிற்கின்றன. ஆனால் சனம் இல்லை. ஒருவர் கூட இல்லை. சைக்கிளில் மூட்டை கட்டிப் போகிறவர் இல்லை, பிள்ளையைத் தேடுகிறவர் இல்லை, பங்கர் இல்லை. எல்லோரும் ஏற்கெனவே எங்கோ போய்விட்ட ஊர். எங்கே போனார்கள் என்று விளையாட்டு சொல்வதில்லை. யாரும் கேட்பதுமில்லை.

தொழில்நுட்பக் காரணம் ஒன்று இருக்கிறது. 64 பேரின் அசைவுகளைக் கணக்கிடும் சேர்வருக்கு நூறு பொதுமக்களின் அசைவையும் சேர்த்தால் பாரம். ஆனால் அது முழுக் காரணமல்ல என்று நினைக்கிறேன். சனம் இருந்தால் ஆட்டம் ஆட்டமாக இருக்காது.

ஒரு காலத்தில் இருந்தார்கள். 1999 இல் 'கவுண்டர் ஸ்ரைக்' முதன்முதலில் வெளிவந்ததும் பீற்றாவாகத்தான். அதன் தொடக்க வரைபடங்கள் பணயக் கைதிகளை மீட்பதற்கானவை. கைதியைச் சுட்டால் ஆடுபவரின் காசு குறையும். அப்பாவி உயிருக்குத் தண்டப்பணம். கேட்க ஒருமாதிரி இருந்தாலும், சனத்தைச் சுடுவது பிழை என்று அந்த விளையாட்டு ஒத்துக்கொண்டது. பின்னர் குண்டு வைக்கும் ஆட்டம் பிரபலமாகிக் கைதிகள் ஓரங்கட்டப்பட்டார்கள்.

2002 இல் அமெரிக்க இராணுவமே ஆட்சேர்ப்புக்காக 'அமெரிக்காஸ் ஆர்மி' என்ற விளையாட்டை இலவசமாக வெளியிட்டது. சொந்த அணியைச் சுட்டால் சிறைக்கூடத்தில் அடைபடுவீர்கள். அதன் இன்னொரு ஏற்பாடு இதைவிட விசித்திரமானது. இரண்டு அணிகளுக்கும் தாங்கள்தான் அமெரிக்கப் படை என்று தெரியும், மற்ற அணிதான் எதிரியாகத் தெரியும். எவருமே மறுபக்கத்தில் நின்று விளையாட முடியாது. 2022 இல் அதை மூடும் வரை இப்படித்தான்.

2019 இல் வெளிவந்த 'கோல் ஒப் டியூட்டி: மொடேர்ன் வோர்பெயார்' விளையாட்டில் சாகாமல் பத்துப் பேரைக் கொன்றால் வெண்பொஸ்பரஸ் வீசும் வாய்ப்புப் பரிசாகக் கிடைக்கும். அந்தச் சொல்லை இந்தத் தளத்தின் வாசகர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை.

விதிகளைக் கொண்டுவந்தவர்கள்

இதைக் கேள்வி கேட்டவர்களில் முக்கியமானது சர்வதேச செஞ்சிலுவைக் குழு. 2009 இல் புதுமாத்தளனிலிருந்தும் முள்ளிவாய்க்காலிலிருந்தும் 13 ஆயிரத்துக்கும் மேற்பட்ட காயக்காரரையும் அவர்களோடு வந்தவர்களையும் கப்பலில் ஏற்றிச் சென்ற அதே அமைப்பு. அவர்கள் போர் விளையாட்டுகளைத் தடை செய்யச் சொல்லவில்லை. போரின் சட்டத்தை மீறினால் விளையாட்டுக்குள்ளும் அதற்கு விளைவு இருக்கட்டும் என்றார்கள். 2023 இல் 'போர்ட்நைற்' விளையாட்டுக்குள் அவர்கள் நான்கு விதிகளோடு ஓர் ஆட்டத்தை நடத்தினார்கள். விழுந்து கிடப்பவரைச் சுடாதே. தாக்காத பாத்திரங்களைத் தாக்காதே. பொதுமக்களின் கட்டடங்களைக் குறிவைக்காதே. மருத்துவப் பொதி இருந்தால் எல்லோருக்கும், எதிரிக்கும், பயன்படுத்து. இப்படி ஆடினால் வெல்வது கடினம். அதைத்தான் அவர்கள் காட்ட விரும்பினார்கள்.

செக் நாட்டின் பொஹீமியா நிறுவனம் 2017 இல் 'ஆர்மா 3' விளையாட்டுக்கு 'லோஸ் ஒப் வோர்' என்ற மேலதிகப் பகுதியைச் செஞ்சிலுவைக் குழுவின் ஆலோசனையோடு வெளியிட்டது. அதில் நீங்கள் படையினர் அல்ல. போர் முடிந்த ஊரில் வெடிபொருள் அகற்றும் தொண்டு நிறுவனப் பணியாளர். எந்த வீட்டை யார் அடித்தது, எந்தக் கண்ணியை யார் எப்போது வைத்தது என்று பின்னோக்கித் தேடிப் போக வேண்டும். முகமாலையில் கோல் நட்டு, கயிறு கட்டி, அங்குலம் அங்குலமாக நிலத்தைக் கிளறுவதைப் பார்த்தவர்களுக்கு அந்த வேலையின் வேகம் உடனே புரியும். மருமகனுக்கு அதைக் காட்டினேன். அரை மணி நேரம் பார்த்தான். "சலிக்குது மாமா" என்றான். பிறகு, "உண்மையில இவ்வளவு நேரம் எடுக்குமா?" என்று கேட்டான்.

எங்கள் வீடுகளுக்கு

'பற்றில்பீல்ட் 6' அமெரிக்கத் தரப்படுத்தலில் 17 வயதுக்கு மேற்பட்டவர்களுக்கானது. அதற்குக் குறைந்த வயதுப் பிள்ளைகள் விளையாடுகிறார்கள் என்பதும் எல்லோருக்கும் தெரியும்.

குரல் உரையாடலில் யாரோடு கதைப்பது என்பதை அமைப்புகளில் கட்டுப்படுத்தலாம். தெரியாதவர்களின் குரலை நிறுத்தி, தெரிந்த நண்பர்களோடு மட்டும் கதைக்கச் செய்வது நல்லது. விளையாட்டுப் பெயர் எல்லோருக்கும் தெரியும். அதில் சொந்தப் பெயர், பாடசாலை, ஊர் வேண்டாம். இயக்கப் பெயர்களும் சின்னங்களும் வேண்டாம். முகநூல் பதிவுகளுக்காகவே பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் இளைஞர்கள் கைதான நாடு இது. 'சும்மா கேமுக்குத்தானே' என்று பதினாறு வயதுப் பிள்ளை நினைப்பதைப் போல, கணினியைக் கைப்பற்றி ஆராய்கிறவர்கள் நினைக்க வேண்டும் என்றில்லை.

அடுத்தது சத்தம். பற்றில்பீல்ட் தொடரில் நீண்ட காலமாக 'வோர் ரேப்ஸ்' என்று ஓர் ஒலித் தெரிவு உண்டு. போர்க்களத்தில் பதிவு செய்த ஒளிநாடா போல, எல்லாச் சத்தத்தையும் இறுக்கிப் பெரிதாக்கித் தருவது. பிள்ளைகள் அதை விரும்பித் தெரிவு செய்வார்கள். அதை மாற்றி, இரவு நேரத்துக்கான அல்லது சிறிய ஒலிபெருக்கிக்கான தெரிவை வைத்தால் வெடிச்சத்தத்தின் உச்சம் குறையும். ஆனால் சுவருக்கு அந்தப் பக்கம் இருப்பவரைக் காப்பாற்றுவது ஹெட்போன்தான். வீட்டில் திடீர்ச் சத்தத்துக்கு நெஞ்சு படபடக்கிறவர், இரவில் நித்திரை இல்லாதவர் இருந்தால் இது பேச்சுக்குரிய விடயமே அல்ல, வாங்கிக் கொடுக்க வேண்டியது. அவருக்கு அது நீண்ட நாளாகத் தொடர்கிறது என்றால் யாழ். போதனா வைத்தியசாலை உட்பட மாவட்ட வைத்தியசாலைகளில் உளநலப் பிரிவு உண்டு.

விளையாட்டு ஒக்ரோபர் 10 ஆம் திகதி முழுமையாக வெளிவந்தது. ரொறன்ரோத் தம்பி வாங்கிவிட்டான். இவன் இன்னும் வாங்கவில்லை, விலை அதிகம். நான் வாங்கிக் கொடுத்த ஹெட்போன் இருக்கிறது. போன கிழமை தொலைபேசியில் அக்காவிடம் கேட்டேன், இப்போது சத்தம் இல்லையா என்று. "சத்தமில்லை" என்றார். "ஆனா அவன் உள்ளுக்கிருந்து ஓடு ஓடு எண்டு கத்துறது கேக்குது."