கொக்கிரகுளத்துத் திங்கட்கிழமை

டி.வி.ராமசுப்பையர் 1951-இல் தினமலரைத் தொடங்கியது திருவனந்தபுரத்தில். கன்னியாகுமரித் தமிழர்கள் அப்போது திருவிதாங்கூர்-கொச்சியில் இருந்தார்கள். 1956 நவம்பர் 1-இல் குமரி தமிழ்நாட்டோடு (அப்போது சென்னை மாநிலம்) சேர்ந்தது. மறு ஆண்டே பத்திரிகையும் திருநெல்வேலிக்கு வந்துவிட்டது. அதற்கு முன்பே, 1942-இல், மதுரையில் தந்தியைத் தொடங்கிய சி.பா.ஆதித்தனார் எளிய தமிழில் செய்தியை டீக்கடை பெஞ்சு வரை கொண்டுபோயிருந்தார்.

இந்தப் பத்திரிகைகளைத் தாங்கியவர்கள் பகுதி நேர நிருபர்கள். பல ஊர்களில் பேப்பர் ஏஜென்ட்தான் நிருபரும். செய்தியை எழுதி, பிலிம் ரோலோடு கவரில் போட்டு, சங்கரன்கோவில் பஸ் கண்டக்டரிடம் கொடுத்துவிடுவார்கள். திருநெல்வேலி ஜங்ஷனில் ஆபீஸ் பையன் காத்திருந்து வாங்கிக்கொள்வான். கொலை, விபத்து என்றால் டிரங்க் கால். அப்படிக் கவர் அனுப்பிய ஒரு அண்ணாச்சிதான் எனக்குத் தொழில் சொல்லிக்கொடுத்தார். "செத்தவங்க பேரை ரெண்டு தரம் சரிபாரும்மா. அந்த வீட்டுல இந்தச் செய்தித் துண்டை வெட்டி வச்சிருப்பாக."

நான் நிருபராகச் சேர்ந்தது 2019-இல். அடுத்த மார்ச்சில் ஊரடங்கு. பேப்பரைத் தொட்டால் கொரோனா வரும் என்று பலர் வாங்குவதை நிறுத்தினார்கள். விளம்பரம் போனது, பக்கங்கள் குறைந்தன. 2022-இல் உக்ரைன் போரோடு காகித விலையும் ஏறியது. என்னோடு வந்தவர்கள் சிலர் யூடியூப் சேனலுக்குப் போய்விட்டார்கள். அவர்களைக் குறைசொல்ல மாட்டேன், வாடகை கொடுக்க வேண்டுமே.

திங்கட்கிழமைதோறும் நான் போவது திருநெல்வேலி கொக்கிரகுளம் ஆட்சியர் அலுவலகத்துக்கு; அன்று அங்கே மக்கள் குறைதீர் நாள். 2017 அக்டோபர் 23-உம் திங்கள்தான். கந்துவட்டிக் கொடுமை பற்றிப் பலமுறை மனு கொடுத்தும் பலனில்லாத ஒரு குடும்பம், கணவன், மனைவி, இரண்டு குழந்தைகள், அங்கேயே தீக்குளித்து மாண்டது. அதன் பிறகு வாசலில் போலீசார் பையைத் திறந்து மண்ணெண்ணெய் இருக்கிறதா என்று பார்க்கிறார்கள். நான் கேட்பது வேறு: "இது எத்தனாவது மனு?" நாலாவது, ஐந்தாவது என்று சொல்கிறவரிடம் பழைய ரசீதுகளைக் காட்டச் சொல்லி, தேதிகளைக் குறித்துக்கொள்வேன். இதைச் சென்னையிலிருந்து யாரும் வந்து கேட்கப்போவதில்லை. மாவட்டப் பக்கம் சுருங்கச் சுருங்க, முதலில் விடுபடுவது இந்த மனுச் செய்திதான்.

உங்கள் ஊர் நிருபரின் நம்பரை வைத்துக்கொள்ளுங்கள். கிராமசபையில் நடந்ததை அவரிடம் சொல்லுங்கள். பேப்பரைக் காசு கொடுத்து வாங்குங்கள்.