உத்தம சோழனை இருவராக்கிய கல்கி

கல்கி ரா. கிருஷ்ணமூர்த்தி (1899–1954) விடுதலைப் போராட்டத்தில் சிறை சென்றவர், பத்திரிகையாசிரியர், ‘கர்நாடகம்’ என்ற பெயரில் இசை விமர்சனம் எழுதியவர், ‘மீரா’ படத்துக்குப் பாட்டெழுதியவர். இத்தனை துறைகளில் உழைத்தவர் சரித்திரத்தை ஆழ்ந்து கற்றிருக்க மாட்டார் என்ற எண்ணம் விமர்சகர் சிலரிடம் இன்றும் உண்டு. வாராவாரம் வாசகரைக் காக்கவைக்கும் தொடர்கதை உத்திதான் அவருக்கு முதன்மை, சரித்திரம் வெறும் பூச்சு என்பது அவர்கள் கட்சி. ‘பொன்னியின் செல்வ’னின் (1950–54) மதுராந்தகன் ஒருவனே இதை மறுக்கப் போதும்.

சான்றுகள் இங்கே ஒன்றோடொன்று மோதுகின்றன. குடிகள் வேண்டியும், சிற்றப்பன் மதுராந்தக உத்தம சோழன் அரியணையை விரும்பும்வரை தனக்கு அது வேண்டாமென அருள்மொழி (பின்னாளின் ராஜராஜ சோழன்) விட்டுக்கொடுத்ததாக அவன் மகன் ராஜேந்திரனின் திருவாலங்காட்டுச் செப்பேடுகள் புகழ்கின்றன. அருள்மொழியின் அண்ணன் ஆதித்த கரிகாலனைக் கொன்ற துரோகிகளின் சொத்து பற்றிய உடையார்குடிக் கல்வெட்டோ ராஜராஜனின் 2ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது. கொலைக்கும் இக்கல்வெட்டுக்கும் இடைப்பட்ட சுமார் 15 ஆண்டுகள் ஆண்ட உத்தம சோழன் ஏன் அவர்களைத் தண்டிக்கவில்லை? வரலாற்றாசிரியர் நீலகண்ட சாஸ்திரியார் அவன்மீதே ஐயம் கொண்டார். அந்த ஐயம் சரியென்றால் அருள்மொழியின் தியாகம் வேறு வழியின்றிச் செய்ததாகிவிடும்; செம்பியன் மாதேவியின் மகனான உத்தம சோழன் கொலைக்கு உடந்தையாகிவிடுவான்.

வரலாற்றாசிரியர் இதை ஐயமாகவே விட்டுவிடலாம். கதை சொல்பவருக்கு அந்த வசதி இல்லை. கல்கி அந்த ஒருவனை இருவராக்கினார். பழுவேட்டரையரோடு சேர்ந்து அரியணைக்கு ஆசைப்படும் மதுராந்தகன் ஒருவன். பூத்தொடுத்துத் தேவாரம் பாடும் சேந்தன் அமுதன் மற்றொருவன். செம்பியன் மாதேவி பெற்ற உண்மை மகன் அமுதனே என்று தெரிய, அவனே உத்தம சோழனாக முடிசூடுகிறான். ஐயம் முன்னவனோடு போகிறது, செப்பேட்டின் புகழ்ச்சி பின்னவனிடம் நிலைக்கிறது. இது கல்கிக்குப் பழகிய உத்திதான். ‘சிவகாமியின் சபத’த்தில் நாகநந்தியும் புலிகேசியும் உருவொற்றுமையால் கதையைத் திருப்புகிறார்கள், அங்கே அது மர்மத்துக்கு மட்டுமே பயன்பட்டது. இங்கே அதே தொடர்கதை உத்தி சான்றுகளின் முரண்பாட்டையே தாங்குகிறது. ஒரே நிகழ்ச்சிக்கு வந்த இரண்டு செய்திகளில் எதையும் எறியாமல் எடைபோடும் பழக்கம், ‘நவசக்தி’யில் திரு.வி.க.விடம் தொடங்கிய பத்திரிகை வாழ்வு தந்தது என்றே நான் கருதுகிறேன்.

ஓரிடத்தில் மட்டும் அவர் கல்வெட்டை விட்டு விலகினார். அதில் வரும் ரவிதாசனும் பரமேசுவரனும் பிரமாதிராசன் என்ற பட்டம் பெற்றவர்கள், அதாவது அரசின் உயர் அதிகாரிகள். நாவலில் ரவிதாசன் கூட்டத்தார் கரிகாலன் கொன்ற பாண்டிய மன்னன் வீரபாண்டியனுக்காகப் பழிவாங்கும் ஆபத்துதவிகள், அதாவது அவனுடைய மெய்க்காவலர். குத்தியது யார் கை என்பதைக் கல்கி ஐயத்திலேயே விட்டாலும், சதியின் வேரைப் பாண்டிய நாட்டுக்கு நகர்த்திவிட்டார். சோழ அரசாங்கத்துக்குள்ளேயே பகை இருந்திருக்கலாம் என்று அந்தப் பட்டங்கள் எழுப்பும் கேள்வியை நாவல் தொடவில்லை. இக்கொலையைப் பாண்டியர் பழியாகவே இன்று பலர் நம்புவதில் உடையார்குடிக் கல்லைவிடக் கல்கியின் பங்கே பெரிது.