குழந்தை நலமும் சமுதாய உறவுகளும்: உரும்பிராய்ச் சூழலை முன்வைத்துச் சில வரலாற்றுக் குறிப்புகள்

யாழ்ப்பாணத்துச் சமுதாய வரலாறு பற்றி இதுகாறும் எழுதப்பட்டவற்றிலே அரசர், கோயில், கல்லூரி, கட்சி ஆகியன பெற்ற இடத்தைக் குழந்தைகள் பெறவில்லை. குழந்தையின் உடல்நலம் மருத்துவருக்கும் தாய்க்கும் மாத்திரம் உரிய விடயம் என ஒதுக்கிவிடும் வழக்கமே இதற்குக் காரணம் எனலாம். ஆயின் ஒரு குழந்தை யார் கையிற் பிறக்கிறது, எந்தக் கிணற்று நீரைக் குடிக்கிறது, அதன் தாய் எத்தனையாம் வகுப்பு வரை படித்தாள் என்பனவெல்லாம் நிலவுடைமையாலும் சாதியாலும் அரசின் தன்மையாலும் நிருணயிக்கப்படுவன. 1845இல் எங்கெல்ஸ் இங்கிலாந்துத் தொழிலாளரின் நிலைமை பற்றி எழுதிய நூலிலே, தவிர்க்கக்கூடிய சாவுகளைச் சமுதாயம் புரியும் கொலை என்றே கொண்டார். 1848இல் மேற்சிலேசியாவிற் பரவிய கொள்ளைக் காய்ச்சலை ஆராயப் பிரஷ்ய அரசினால் அனுப்பப்பட்ட இளம் மருத்துவர் ருடோல்ஃப் விர்ஷோ, அந்நோய்க்கு மருந்தாகக் கல்வியையும் சனநாயகத்தையும் வாழ்க்கை வளத்தையும் விதந்துரைத்தார். இந்நோக்கு நமது கிராமங்களின் வரலாற்றுக்கு எவ்வளவு பொருந்தும் என்பதே இக்கட்டுரையின் வினா.

உரும்பிராய் யாழ்ப்பாண நகரிலிருந்து பலாலி செல்லும் வீதியிலே, கோண்டாவிலுக்கும் ஊரெழுவுக்கும் இடையே அமைந்த ஊர். மேற்கே இணுவில், கிழக்கே கோப்பாய். வலிகாமத்தின் வளமான செம்பாட்டு மண்ணும் அதன்கீழ்ச் சுண்ணக்கற் பாறையும் இப்பகுதியின் பொருளாதாரத்திற்கு அடிப்படையாயின. வற்றாத ஆறு ஒன்றுமில்லாத குடாநாட்டிலே, பாறை வெடிப்புகளில் தங்கும் மழைநீரே குடிநீர், அதுவே பயிர்நீர். எனவே இங்கு கிணறு என்பது வெறும் நீர்நிலையன்று. அது ஓர் உற்பத்திச் சாதனம். பாறையை உடைத்துக் கிணறு வெட்டுவதற்குப் பணமும் ஆளும் வேண்டும். அனைத்துக்கும் முதலாக நிலம் வேண்டும். நிலமற்றோர்க்குக் கிணறில்லை.

இலங்கையில் அடிமைமுறை 1844இல் சட்டப்படி ஒழிக்கப்பட்டது. சட்டம் ஆளை விடுவித்ததேயன்றி நிலத்தை வழங்கவில்லை. பிறர் காணியிற் குடியிருந்த தாழ்த்தப்பட்ட மக்கள், உடைமையாளரின் கிணற்றருகே குடத்துடன் காத்துநின்று, ‘உயர்ந்தோர்’ ஒருவர் அள்ளி ஊற்றும் நீரைப் பெறவேண்டியிருந்தது. அள்ளி ஊற்றுவார் இல்லாதபோது குளத்து நீரும் உவர்க் கிணற்று நீருமே கதி. வயிற்றோட்டம், வாந்திபேதி, நெருப்புக் காய்ச்சல், குடற்புழு ஆகியன நீரோடும் கழிவோடும் தொடர்புடையவை; அவற்றுக்கு முதலிற் பலியாவோர் குழந்தைகள். நாளொன்றுக்கு இரண்டு குடம் நீரே கிடைக்கும் வீட்டிலே, கையலம்புதல் பற்றிய அறிவுரைக்கு என்ன பயன்? அழுக்கைக் காரணங்காட்டித் தீண்டாமையை நியாயப்படுத்தியோரே அழுக்கைப் போக்கும் நீரையும் மறுத்தனர் என்பது ஈண்டு மனங்கொள்ளத்தக்கது. கே. டானியல் தமது நாவல்களுள் ஒன்றுக்குத் ‘தண்ணீர்’ என்றே பெயரிட்டமை தற்செயலன்று. சுகாதார அறிக்கைகள் பதிவு செய்யத் தவறிய உண்மையை யாழ்ப்பாணத்து முற்போக்கு இலக்கியம் பதிவு செய்தது.

நமது மரபிலே குழந்தை மருத்துவம் இல்லாதிருந்தது என்பது இதன் பொருளன்று. யாழ்ப்பாண அரசர் காலத்துடன் தொடர்புபடுத்தப்படும் ‘பரராசசேகரம்’ என்னும் மருத்துவத் தொகுதியிலே பாலரோக நிதானம் ஒரு பகுதியாக இடம்பெறுகின்றது. அத்தொகுதியை இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் ஏழாலை ஐ. பொன்னையா பதிப்பித்து அழியாது காத்தார். மாந்தம், கணம் முதலாகக் குழந்தை நோய்களை வகுத்துப் பெயரிட்ட அவதானம் மெச்சத்தக்கதே. எனினும் அவ்வறிவு பரம்பரை வைத்தியரின் ஏட்டுக்குள்ளும் வாய்மொழிக்குள்ளும் அடங்கியிருந்தது. நோய் வந்தபின் மருந்து கொடுக்கும் முறையாக அது வளர்ந்ததேயன்றி, நோயை விளைக்கும் சூழலை ஊர்முழுவதிலும் மாற்றும் பொதுப்பணியாக வளரவில்லை. அவ்வாறு வளர்வதற்கு வேண்டிய பொதுமை சாதிச் சமுதாயத்தில் இருக்கவில்லை.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலே புதிய சக்திகள் தொழிற்பட்டன. 1847இல் வந்த அமெரிக்க மிஷன் மருத்துவர் சாமுவேல் கிறீன் மானிப்பாயை நிலையமாகக் கொண்டு, மருத்துவத்தைத் தமிழிலே கற்பித்தார். பிரசவ வைத்தியம் பற்றிய நூலொன்றும் அவரது முயற்சியால் 1857இல் தமிழில் வெளிவந்தது. அரசாங்க அதிபர் டைக்கின் முயற்சியால் 1850இல் யாழ்ப்பாண நகரில் வைத்தியசாலை ஒன்று தோன்றியது. உரும்பிராய் மக்களுக்கு அண்மையிலே, இணுவிலில், பெண்களுக்கும் குழந்தைகளுக்குமென மக்லியொட் வைத்தியசாலை 1898இல் திறக்கப்பட்டது. ஆண் வைத்தியரிடம் செல்லத் தயங்கிய பெண்களுக்குப் பெண் மருத்துவரின் சேவை ஊர்ப்புறத்திலேயே கிட்டியமை பெரிய மாற்றமாகும்.

மிஷனரிமாரின் பணியை மதமாற்றச் சூழ்ச்சி என்று முற்றாக ஒதுக்குவதும், தன்னலமற்ற கருணை என்று முற்றாகப் போற்றுவதும் வரலாற்று நோக்காகா. அப்பணியின் எல்லைகளுக்கு மேரி இர்வினின் வாழ்வு சான்று. கனடாவிற் பிறந்த இம்மருத்துவர், இணுவிற் பணிக்கெனத் தெரிவுசெய்யப்பட்டு 1896இல் இலங்கை வந்தவர். தமிழரான சாமுவேல் கனக இரத்தினத்தை மணந்தமையால் மிஷன் அவரை ஏற்கவில்லை. மனிதரனைவரும் சமம் என்று போதித்த நிறுவனத்தின் சமத்துவம் நிறவேற்றுமையின் முன்னே நின்றுவிட்டது. பின்னர் மேரி இரத்தினம் கொழும்பிலே பெண்களுக்கு மருத்துவம் செய்து, 1930இல் லங்கா மகிளா சமித்தியை அமைத்து, கிராமப் பெண்களிடையே சுகாதார அறிவைப் பரப்பினார்.

மருத்துவமனை நோயாளியை எதிர்நோக்கி இருப்பது. பொதுச் சுகாதாரம் வீட்டைத் தேடிச் செல்வது. இவ்வேறுபாடு 1926இல் களுத்துறையில் அமைக்கப்பட்ட சுகாதாரப் பிரிவுடன் இலங்கையில் தெளிவுபெற்றது. றொக்பெல்லர் நிறுவனத்தின் துணையுடன் தொடங்கிய அம்முறை, சுகாதார வைத்திய அதிகாரி, பரிசோதகர், மருத்துவமாது ஆகியோரை ஒரு நிலப்பரப்புக்குப் பொறுப்பாக்கியது. அது படிப்படியே நாடெங்கும் பரவியது. கர்ப்பிணியைப் பதிவுசெய்து, பிரசவத்தைக் கவனித்து, சிசுவை நிறுத்துப் பார்த்த மருத்துவமாதே இவ்வமைப்பின் அச்சாணி.

ஆயின் நிருவாகத் திட்டம் தானாகவே மக்களைச் சென்றடைவதில்லை. 1931இல் டொனமூர் அரசியலமைப்பு இருபாலார்க்கும் சர்வசன வாக்குரிமையை வழங்கியது. மருதனார்மடத்தில் 1913இல் பெண்களுக்குக் கல்லூரி நிறுவிய பொன்னம்பலம் இராமநாதனே இவ்வுரிமையை எதிர்த்தார். உயர்குடிப் பெண்ணின் கல்வியை வேண்டிய உள்ளம், உழைக்கும் பெண்ணின் வாக்கை அஞ்சியது. 1934-35ஆம் ஆண்டுகளின் மலேரியாக் கொள்ளைநோயில் ஏறத்தாழ 80,000 பேர் மாண்டனர். 1935இல் உயிருடன் பிறந்த ஒவ்வோர் ஆயிரம் சிசுக்களிலும் 263 ஓராண்டு நிறையுமுன் மடிந்தன. கிராமத்தின் வறுமையும் பட்டினியும் அப்போது அரசியற் பிரச்சினையாயின. நிவாரணப் பணியிலே கிராமங்களுக்குச் சென்ற இளைஞரே அவ்வாண்டில் லங்கா சமசமாஜக் கட்சியைத் தோற்றுவித்தனர். வாக்காளர்களாகிவிட்ட ஏழைகளைப் புறக்கணிக்க அரசுப் பேரவையாலும் இயலவில்லை. 1942 முதல் அரிசிப் பங்கீடு, 1945இல் இலவசக் கல்வி, விரிவடைந்த இலவச மருத்துவம் என்பன தொடர்ந்தன. சிசு மரண வீதம் 1947இல் 101 ஆகவும் 1960இல் 57 ஆகவும் 1980இல் 34 ஆகவும் தாழ்ந்தது.

இவ்வீழ்ச்சி முழுவதையும் நுளம்பொழிப்பு மருந்துக்கு உரிமையாக்குவோர் உளர். மலேரியா பெரிதும் தாக்காத பகுதிகளிலும் மரணம் குறைந்ததை அவர்கள் விளக்கவேண்டும். 1985இல் குறைந்த செலவில் நல்ல சுகாதாரம் பெற்ற நாடுகளை ஆராய்ந்தோர் சீனா, கொஸ்தாறிக்கா, கேரளம் ஆகியவற்றோடு இலங்கையையும் எடுத்துக்கொண்டனர். அவற்றை ஒப்புநோக்கிய ஜோன் கால்ட்வெல், பெண்கல்வி, விழிப்புற்ற பொதுமக்கள், எட்டக்கூடிய மருத்துவ வசதி என்பன ஒன்றிணைந்து செயற்பட்டமையை வலியுறுத்தினார். நல்வாழ்வுச் சேவைகள் அரசின் அன்பளிப்புகளுமல்ல. 1953இல் அரிசியின் விலையை 25 சதத்திலிருந்து 70 சதமாக உயர்த்தி, பாடசாலை மதிய உணவையும் நிறுத்திய அரசுக்கு எதிராக ஓகஸ்ட் 12இல் ஹர்த்தால் வெடித்தது. குழந்தையின் உணவுத் தட்டு அன்று வர்க்கப் போராட்டத்தின் களமாயிற்று.

குடாநாட்டில் இதே போராட்டம் சாதியெதிர்ப்பின் வடிவைப் பெற்றது. 1930களின் தொடக்கத்திலே, பாடசாலைகளிற் சமஆசனம் வழங்கப்பட்டமையைப் பொறாத சாதிவெறியர் சில பாடசாலைகளைத் தீக்கிரையாக்கினர். 1943இல் சிறுபான்மைத் தமிழர் மகாசபை உருவாயிற்று; 1957இல் சமூகக் குறைபாடுகள் தடைச் சட்டம் வந்தது. சட்டத்தின் எழுத்தை நடைமுறையாக்குவதற்கு 1966 ஒக்டோபர் 21இல் சுன்னாகத்திலிருந்து புறப்பட்ட ஊர்வலமும், தீண்டாமை ஒழிப்பு வெகுசன இயக்கமும், தேநீர்க்கடை, ஆலயப் பிரவேசப் போராட்டங்களும் வேண்டியிருந்தன. இவற்றை அரசியல் வரலாற்றின் நிகழ்வுகளாகவே நாம் கருதுகிறோம். பொதுக் கிணறும் பள்ளிக்கூட வாங்கும் எல்லோருக்கும் திறந்தபோது, அவை குழந்தைகளின் ஆயுளை நீட்டும் செயல்களாகவும் அமைந்தன. அடுத்த தலைமுறைத் தாய்மார் அவ்வாங்குகளிலிருந்தே வந்தனர்.

பொருளாதார வளர்ச்சி தானாகவே நலத்தைக் கொணரும் என்ற கருத்தையும் உரும்பிராயின் மண்ணே மறுக்கின்றது. துலாவும் பட்டையும் இருந்த இடத்தை நீரிறைக்கும் இயந்திரம் பிடித்தது. பசளைக் குழையின் இடத்தை யூரியா பிடித்தது. 1970-77 காலத்து இறக்குமதிக் கட்டுப்பாட்டினால் வெங்காயமும் மிளகாயும் உருளைக்கிழங்கும் நல்ல விலைபெற்றன. செம்பாட்டுத் தோட்டங்கள் ஓய்வின்றி விளைந்தன, கல்வீடுகள் எழுந்தன. 1977இன் திறந்த பொருளாதாரம் அவ்விலையைப் பறித்தது. பயிர்ச்செய்கையின் தீவிரமோ குறையவில்லை. உரத்தின் எச்சம் சுண்ணக்கல் வழியே இறங்கிக் கிணற்றில் நைத்திரேற்றாகத் தங்கியது. செறிவான பயிர்ச்செய்கை நிகழும் வலிகாமத்துக் கிணறுகளிலே உலகச் சுகாதார நிறுவனம் வகுத்த இலீற்றருக்கு 50 மில்லிகிராம் என்னும் எல்லையை மீறிய அளவு காணப்படுவதை 1980கள் முதல் ஆய்வுகள் காட்டிவந்துள்ளன. அத்தகைய நீரிற் கரைத்த பாலைப் பருகும் சிசுவின் குருதி ஒட்சிசனைக் கொண்டுசெல்லும் ஆற்றலை இழக்கக்கூடும். மலகூடக் குழியும் கிணறும் நெருங்கியிருத்தல் இவ்விடரை மிகுவிக்கின்றது. முன்னர் நீர் சாதியாற் பங்கிடப்பட்டது. இப்போது தனியுடைமைக் கிணறுகளின் கீழே பொதுவான நீர் மாசுறுகின்றது. தன் வேலிக்குள் நிற்கும் எவரும் தனித்துத் தீர்க்க முடியாத பிரச்சினை இது.

போர் இவ்வமைப்பு முழுவதையும் சோதித்தது. 1987 ஒக்டோபரில் இந்திய இராணுவம் யாழ்நகர் நோக்கி முன்னேறியபோது உரும்பிராயும் போர்க்களமாயிற்று. 1990இன் பின் மின்சாரமும் எரிபொருளும் பல அத்தியாவசியப் பொருள்களும் தடைப்பட்டன. 1995 ஒக்டோபர் 30இல் வலிகாமத்து மக்கள் கைக்குழந்தைகளுடன் தென்மராட்சி நோக்கி ஒரே இரவில் நடந்தனர். இத்தனைக்கும் நடுவே தடுப்பூசிப் பணி முற்றாக அறுந்துவிடவில்லை. இளம்பிள்ளைவாதச் சொட்டு மருந்துக்காகப் போர் நிறுத்தப்பட்ட நாள்களும் இருந்தன. இலங்கையில் அந்நோயின் இறுதி நிகழ்வு 1993இல் பதிவாயிற்று. பல தலைமுறையாக மருத்துவமாதுக்கும் தாய்க்கும் இடையே வளர்ந்த நம்பிக்கையே இப்பணியைத் தாங்கியது. அந்நம்பிக்கையைக் குண்டுகள் அழிக்கவில்லை. ஆனால் 1979இல் பங்கீட்டுக்குப் பதிலாக வந்த உணவு முத்திரையின் பெறுமதியை விலைவாசி சில ஆண்டுகளில் அரித்தமையும், 2022இன் நெருக்கடியிலே பால்மா ஏழைக் குடும்பங்களின் கைக்கெட்டாது போனமையும், போரில்லாமலே குழந்தையின் உணவைப் பறிக்கலாம் என்பதைக் காட்டுகின்றன.

யாழ்ப்பாணத்துக் குழந்தைகள் பெற்ற நலத்தைத் தமிழ்ப் பண்பாட்டின் தூய்மைக்கும் தாயன்பின் சிறப்புக்கும் உரியதாக்கிப் பெருமை கொள்வது இன்றும் கேட்கும் குரலாகும். தாயன்பு எக்காலத்தும் இருந்தது. 1935இல் மடிந்த சிசுக்களின் தாய்மாரும் அன்பற்றவரல்லர். மாறியவை வாக்குரிமை, பாடசாலை, மருத்துவமாது, உணவுப் பங்கீடு, கிணற்றின் மீதான உரிமை என்பனவே. மாவட்டச் சராசரியைக் கொண்டு திருப்தியுறுவதும் தவறாகும். சராசரி, நிலமற்றோர் குடியிருப்பின் குழந்தையைத் தோட்டக்காரரின் குழந்தைக்குள் மறைத்துவிடும். எனவே ஆய்வாளர் செய்யவேண்டியது ஊர்தோறும், குடியிருப்புதோறும் மூன்று வினாக்களை எழுப்புவதாகும்: கிணறு யாருடையது? அதன் நீரைச் சோதிப்பவர் யார்? கர்ப்பிணியின் படலைக்கு வரும் சேவை எந்த ஒழுங்கையிற் குறைகிறது? உரும்பிராயிலிருந்து இவ்வினாக்களைத் தொடங்கலாம். அவற்றுக்கான விடைகள் குழந்தைகளின் வரலாற்றோடு குடாநாட்டின் சமுதாய வரலாற்றையும் திருத்தி எழுதத் துணைபுரியும்.