கோட்டுச்சேரித் தொகுதி

கோட்டுச்சேரி, புதுச்சேரி ஒன்றியப் பகுதியின் சட்டமன்றத்தில் காரைக்காலுக்கு இருந்த ஆறு தொகுதிகளுள் ஒன்று. 2008ஆம் ஆண்டுத் தொகுதி மறுவரையறையில் நீக்கப்பட்டது. காரைக்கால் நகரை ஒட்டி வடக்கே விரியும் புறநகரையும் அதற்கு அப்பாலுள்ள வயல் ஊர்களையும் கடலோர மீனவர் குடியிருப்புகளையும் கொண்ட உள்ளாட்சி அலகான கோட்டுச்சேரி கொம்யூனே அதன் அடித்தளம். கொம்யூனின் வடகோடியில் பூவம். ஊரைத் தாண்டினால் நண்டலாறு, சோதனைச்சாவடி, அதன்பின் தரங்கம்பாடி. அக்கரை வாக்காளர் பூம்புகார் தொகுதியில் சென்னைக்கு உறுப்பினரை அனுப்புகிறார். இக்கரை வாக்காளர் ஏறத்தாழ 130 கிலோமீட்டர் தள்ளி, கடலூர் மாவட்டத்துக்கும் அப்பால் இருக்கும் புதுச்சேரிக்கு அனுப்புகிறார். இந்தத் தொகுதியின் வரலாற்றை உள்ளூர்க் கட்சிகளின் வெற்றி தோல்வியாக எழுதினால் முக்கியமானது விடுபட்டுப்போகும். அதன் எல்லையைத் தீர்மானித்தது பிரெஞ்சு நிர்வாகம் வகுத்த கொம்யூன். அதன் முடிவைத் தீர்மானித்தது வேறோர் ஊரின் புறநகர் வளர்ச்சி. கோட்டுச்சேரியில் நடந்த எதுவும் அதற்குக் காரணமில்லை.

தஞ்சை மராட்டிய மன்னரிடமிருந்து 1739இல் பிரெஞ்சுக்காரர் காரைக்காலைப் பெற்றனர். பலமுறை ஆங்கிலேயர் கைக்குப் போய்த் திரும்பிய பின், நெப்போலியப் போர்களுக்குப் பிந்தைய உடன்படிக்கையால் அது பிரெஞ்சுக்காரரிடமே நிலைத்தது. 1880 மார்ச் 12ஆம் நாள் ஆணை பிரெஞ்சு இந்தியாவைப் பத்துக் கொம்யூன்களாகப் பிரித்தது. காரைக்கால் பகுதிக்குக் கிடைத்தவை மூன்று: காரைக்கால், கிராண்ட் ஆல்தே என்ற திருமலைராயன்பட்டினம், நெடுங்காடு. 1907இல் கொம்யூன்கள் பதினேழாகப் பெருகியபோதுதான் கோட்டுச்சேரி, திருநள்ளாறு, நெரவி ஆகியவையும் தனித்தனி மேரும் மன்றமும் பெற்றன. அந்த ஆறு அலகுகளே இன்றும் ஒரு நகராட்சியாகவும் ஐந்து கொம்யூன் பஞ்சாயத்துகளாகவும் தொடர்கின்றன. அக்காலத் தேர்தலைப் புகழ்ந்து பேச அதிகமில்லை. ஐரோப்பியருக்கு ஒரு பட்டியல், மரபுவழித் தனிச்சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுச் சட்டத்தை ஏற்றவர்களுக்கு ஒன்று, மற்ற இந்தியருக்கு ஒன்று என்று 1884 முதல் வாக்காளர் பிரித்துவைக்கப்பட்டனர். 1899இல் அவை இரண்டாயின. ஒரு கைப்பிடி ஐரோப்பியர் வாக்குக்கும் ஊர் முழுவதன் வாக்குக்கும் ஒரே எடை. நாடு சண்முக வேலாயுத முதலியார் போன்ற பெருந்தலைகள் புதுச்சேரியில் அமர்ந்தபடி முடிவுகளைத் தீர்மானித்த காலம் அது. ஆனாலும் வயலோர ஊருக்கும் தேர்ந்தெடுத்த மன்றம் உண்டு என்ற ஏற்பாடு அப்போதே வேரூன்றியது.

1946இல் பிரதிநிதி சபை வந்தபோது அதன் 44 இடங்களில் 12 காரைக்காலுக்கு. சந்திரநாகூர் இந்தியாவோடு இணைந்து விலகியதும் மொத்தம் 39 ஆனது. அப்படியானால் காரைக்காலின் பங்கு ஏறத்தாழ மூன்றில் ஒன்று. 1954 அக்டோபர் 18 அன்று கீழூரில் 178 மக்கள் பிரதிநிதிகள் கூடி, 170க்கு 8 என்ற கணக்கில் இணைப்பை ஏற்றபோது, வாக்களித்தவர்களில் சபை உறுப்பினர்களோடு கொம்யூன் மன்றத்தினரும் இருந்தனர். பிரெஞ்சு இந்தியாவின் கடைசிப் பெரிய முடிவைக் கொம்யூன்களை விட்டுவிட்டு எடுக்க முடியவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். 1962 ஆகஸ்ட் 16இல் சட்டப்படியான ஒப்படைப்பு முடிந்தது. 1963 ஒன்றியப் பகுதிகள் அரசுச் சட்டம் முப்பது தேர்ந்தெடுக்கப்பட்ட உறுப்பினர் கொண்ட சட்டமன்றத்தை உருவாக்கியது. முதல் தேர்தல் 1964இல். மறுவரையறை வரை நீடித்த பட்டியலில் காரைக்கால் நகரம் வடக்கு, தெற்கு என இரண்டானது. நெரவியும் கிராண்ட் ஆல்தேயும் ஒன்றாயின. கோட்டுச்சேரி, திருநள்ளாறு, நெடுங்காடு மூன்றும் தத்தம் கொம்யூன் பெயரோடேயே தொகுதிகளாயின. புதுச்சேரிப் பகுதிக்கு 21, மாஹேக்கு 2, ஏனாமுக்கு 1.

இனி எண்களைப் பார்க்கலாம். 1961 கணக்கெடுப்பில் ஒன்றியப் பகுதியின் மக்கள்தொகை 3,69,079, காரைக்கால் 84,001. முப்பது இடங்களை மக்கள்தொகைப்படி பங்கிட்டால் காரைக்காலுக்கு 6.8, மாஹேக்கு 1.6, ஏனாமுக்கு அரைக்குச் சற்றே மேல். 2001இல் மொத்தம் 9,74,345; காரைக்கால் 1,70,791. நாற்பது ஆண்டுகளில் காரைக்கால் இரு மடங்கானபோது, புதுச்சேரிப் பகுதி 2,58,561இலிருந்து 7,35,332 ஆகி, ஏறத்தாழ மூன்று மடங்கை நெருங்கியது. காரைக்காலின் பங்கு 5.3 இடமாகச் சுருங்கியது. மறுவரையறை ஆணையம் புதுச்சேரிக்கு 23, காரைக்காலுக்கு 5, மாஹே, ஏனாமுக்குத் தலா ஒன்று என வகுத்தது. புதுச்சேரி நகரைச் சுற்றிய குடியிருப்புகளிலிருந்து இந்திரா நகர், காமராஜ் நகர், கதிர்காமம் முதலிய தொகுதிகள் எழுந்தன. காரைக்காலின் புறநகரிலிருந்து ஒன்று மறைந்தது. முப்பது என்ற எண் அசையாதவரை, ஒரு பகுதியின் புறநகர் பெருத்தால் இன்னொன்றின் புறநகர் தன் பெயரை இழக்கத்தான் வேண்டும்.

இதில் அநீதி எங்கே என்று கேட்கலாம். கேள்வி நியாயமானது. 2011 மக்கள்தொகைப்படி காரைக்காலில் ஒரு தொகுதிக்குச் சராசரி 40,044 பேர், புதுச்சேரியில் 41,317, ஏனாமில் 55,626. ஆக, காரைக்கால் வாக்காளரின் எடை எள்ளளவும் குறையவில்லை. முணுமுணுக்க வேண்டியவர் ஏனாம்காரர்தான். பழைய ஆறே தொடர்ந்திருந்தால் புதுச்சேரி வாக்காளருக்குத்தான் குறை. கொம்யூன் எல்லையே அந்நிய ஆட்சியின் கோடு, அதை ஏன் காப்பாற்ற வேண்டும் என்ற மறுப்பும் உண்டு. கோட்டின் பிறப்பைப் பார்த்தால் அதுவும் சரியே. அப்படிப் பார்த்தால் நண்டலாற்று எல்லையும் அதே கோடுதான், அதை யாரும் அழிக்கவில்லை என்பது வேறு விஷயம். சிறு பகுதியாக இருந்தாலும் காரைக்காலின் குரல் எடுபடாமல் போகவில்லை, காரைக்கால்காரரான எஸ். ராமசாமி 1974இல் சில வாரங்களும் 1977–78இலும் முதலமைச்சராக இருந்தாரே என்பது மூன்றாவது வாதம். ஆனால் அது பகுதியின் செல்வாக்கைக் காட்டுகிறதே தவிர, கோட்டுச்சேரிக்கென்று தனி உறுப்பினர் இருப்பதன் பயனைப் பற்றி எதுவும் சொல்வதில்லை.

எடைக் கணக்கு காணத் தவறும் இடம் வேறு. தமிழ்நாட்டில் ஊராட்சித் தலைவர், ஒன்றியக் கவுன்சிலர், மாவட்டக் கவுன்சிலர் என்று வாக்காளர் தட்டக்கூடிய கதவுகள் பல. புதுச்சேரியில் 1968இல் நகராட்சித் தேர்தல் நடந்தது. அடுத்த உள்ளாட்சித் தேர்தலுக்கு 38 ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது. 1973இலேயே கிராம, கொம்யூன் பஞ்சாயத்துச் சட்டம் இயற்றப்பட்டும், நீதிமன்றத் தலையீட்டுக்குப் பிறகு 2006இல்தான் வாக்குப்பதிவு. அந்த மன்றங்களின் காலம் 2011இல் முடிந்தது; 2021இல் அறிவிக்கப்பட்ட தேர்தலும் வழக்கில் நின்றது. எனவே பெரும்பாலான ஆண்டுகளில் கொம்யூன் பஞ்சாயத்து என்பது அதிகாரிகள் நடத்தும் அலுவலகம் மட்டுமே. வாய்க்கால் தூர்வாரலுக்கும் தெருவிளக்குக்கும் முதியோர் உதவித்தொகைக்கும் பூவத்துக்காரர் வாக்குப் போட்டுத் தேர்ந்தெடுத்த, எட்டிப்பிடிக்கக்கூடிய ஒரே ஆள் சட்டமன்ற உறுப்பினர்தான். கோட்டுச்சேரித் தொகுதி பெயருக்குச் சட்டமன்றத் தொகுதி. நடைமுறையில் தேர்தல் நடக்காத கொம்யூன் மன்றத்தின் வேலையையும் அதன் உறுப்பினர் சுமந்தார். அதை நீக்கியபோது வாக்கின் எடை மாறவில்லை. கொம்யூனுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முகமே இல்லாமல் போனது. உள்ளாட்சி ஒழுங்காக நடந்திருந்தால் இந்த இழப்பு ஒரு வரைபடத் திருத்தமாகவே கடந்துபோயிருக்கும். ஆகவே குறையை ஆணையத்தின் மேல் ஏற்றுவதைவிட, தேர்தல் நடத்தாத அரசுகளின் மேல் ஏற்றுவதே பொருத்தம்.

மறுவரையறையில் கோட்டுச்சேரியின் பகுதியை நெடுங்காடு தொகுதியோடு இணைத்தது இன்னொரு விளைவையும் கொண்டுவந்தது. நெடுங்காடு பட்டியல் சாதியினருக்கான தனித்தொகுதி. ஒன்றியப் பகுதியின் ஐந்து தனித்தொகுதிகளில் காரைக்காலில் உள்ளது அது ஒன்றே. பொதுத்தொகுதியாக இருந்த கோட்டுச்சேரியின் பகுதி அதோடு சேர்ந்தபோது, இங்குள்ள ஆதிக்கச் சாதி அரசியல்வாதிகள் போட்டியிடும் களம் சுருங்கியது. இதையும் இழப்புக் கணக்கில் சேர்ப்போர் உண்டு, ஏற்கத்தக்கதல்ல. மாறாக, தனித்தொகுதியின் உறுப்பினரிடம் நில உடைமையாளரும் மீனவர் பஞ்சாயத்தாரும் கோரிக்கையோடு வரவேண்டிய நிலையை அது உண்டாக்கியது. 2011இல் எம். சந்திரகாசு இங்கு வென்றார். அவர் மகள் சந்திர பிரியங்கா 2016இலும் 2021இலும் வென்று, ரேணுகா அப்பாதுரைக்குப் பின் நாற்பது ஆண்டு இடைவெளியில் புதுச்சேரியின் இரண்டாவது பெண் அமைச்சரானார். 2023 அக்டோபரில் சாதி, பாலினப் பாகுபாட்டைக் காரணம் காட்டிப் பதவி விலகல் கடிதம் கொடுத்தார். உள்ளூர்ச் செய்திகள் இத்தொகுதியை இன்றும் ‘நெடுங்காடு–கோட்டுச்சேரி’ என்றே எழுதுகின்றன. அரசாணையில் நெடுங்காடு மட்டும்தான்.

2011 கணக்கெடுப்பை வைத்துப் பார்த்தால் காரைக்காலின் பங்கு 30இல் 4.8. அது நாலரைக்குக் கீழே இறங்கினால் அடுத்த மறுவரையறையில் ஐந்தாவது தொகுதியும் கேள்விக்குள்ளாகும். அப்போது கொம்யூன்களை மேலும் இணைத்துத்தான் தொகுதி வகுக்க வேண்டியிருக்கும். கொம்யூன் மன்றங்களுக்கு அதற்குள் தேர்தல் நடந்திருக்குமா என்பதைப் பொறுத்தே அதன் பாரம் அமையும்.